பாதி விலைச் சம்பந்தி விருந்து

"தம்பி, இது உனக்கும் எனக்கும் மட்டும் தெரிஞ்சாப் போதும். மேசையில இருக்கிற ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. வெளங்குதா?"

ஓட்டலில் கைகழுவும் இடத்தில் நின்றுகொண்டு அமிர்தவல்லி முந்தானைக்குள்ளிருந்து ரேஷன் அட்டையை முக்கால்வாசி வெளியே எடுத்தாள். சர்வர் ராமர் கழுத்தை வளைத்துப் படித்தான்.

"அந்தியோதயா கார்டுங்களா மேடம். நம்ம ஆஃபர்ல வரும். பில்லுல பாதி போயிரும்."

"மெதுவாப் பேசு."

"பாதி போயிரும்," என்று ராமர் அதையே ரகசியமாகச் சொன்னான். "கவலப்படாதீங்க மேடம். என்னைய நம்பி ஒருத்தர் ஒண்ணு சொன்னா நான் இன்னொருத்தர்கிட்ட வாயத் தொறக்கிற ஆளில்ல."

அமிர்தவல்லிக்கு அவனைப் பிடித்துப்போனது. இந்தக் காலத்தில் இப்படி ஒரு பிள்ளையா என்று நினைத்துக்கொண்டே மேசைக்குத் திரும்பினாள்.

குளிர்முகில் என்ற அந்த ஓட்டல் கொடைக்கானலில் புதிதாகத் திறந்தது. மாதம் முப்பத்தைந்து கிலோ இலவச அரிசி வாங்கும் பரம ஏழைகளான அந்தியோதயா அட்டைக் குடும்பங்கள் வாரநாளில் வந்து சாப்பிட்டால் பில்லில் பாதி தள்ளுபடி, மற்ற சலுகைகள் தனி என்று மலைமேலும் அடிவாரத்திலும் ரேஷன் கடை ரேஷன் கடையாக நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். முதலாளிக்குப் புண்ணியத்திலும் ஆசை, விளம்பரத்திலும் ஆசை. 'மற்ற சலுகைகள்' என்றால் என்ன என்று அமிர்தவல்லி விசாரித்திருக்க வேண்டும். பாதி விலை என்ற இடத்திலேயே அவள் படிப்பதை நிறுத்திவிட்டாள்.

அவளைக் குறை சொல்ல முடியாது. மகள் ஆனந்தி வாய்விட்டு எதையும் கேட்காத பெண். சாக்லேட் கடையில் பெட்டி கட்டும் வேலைக்குப் போய், சம்பளத்தை அப்படியே அம்மா கையில் கொடுப்பவள். அப்படிப்பட்டவள், தரகர் நாச்சிமுத்து கொண்டுவந்த அடிவாரத்து ஆயக்குடி மாப்பிள்ளை மதனோடு நாலு தடவை போனில் பேசிவிட்டு, "இவரு அமையலன்னா இப்போதைக்கு வேற பாக்க வேணாம்மா" என்று சொல்லிவிட்டாள். அன்றைக்கே அமிர்தவல்லி முடிவு செய்துவிட்டாள், தலைகீழாக நின்றாவது இந்தக் கல்யாணத்தை முடிப்பது என்று.

சிக்கல் தரகரிடமிருந்து வந்தது. பெண் வீட்டாருக்குக் கவுஞ்சியில் கேரட் தோட்டம் என்று அவர் மாப்பிள்ளை வீட்டில் சொல்லிவைத்திருந்தார். அமிர்தவல்லியும் கணவர் அழகையாவும் கவுஞ்சி கேரட் தோட்டத்தில் இருந்தது உண்மைதான். வீடு இருந்த அட்டுவம்பட்டியிலிருந்து விடியுமுன் ஜீப் ஏறிப் போய், கூலிக்குக் கேரட் பிடுங்கிக் கழுவிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா மகாதேவியைப் பற்றித் தரகர் இவர்களிடம் "ஆயக்குடியில கொய்யா வியாபாரம்" என்றார். அமிர்தவல்லி மண்டி, லாரி, கணக்குப்பிள்ளை எல்லாவற்றையும் மனதுக்குள் தானே கட்டிமுடித்துக்கொண்டாள்.

இந்த நிலையில் மகாதேவி போன் செய்து, "வீடு தேடி வந்து சிரமம் குடுக்க வேணாம் மதினி. குளிர்முகில்னு ஒரு ஓட்டல் இருக்காம்ல, அங்க வச்சுப் பேசி முடிச்சிருவோம்" என்று சொல்லிவிட்டாள். ஓட்டலின் பெயரைக் கேட்டதும் அழகையா நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார்.

"உள்ளதச் சொல்லிப்புட்டா என்ன?" என்றார்.

"சொல்லத்தான் போறோம். கல்யாணம் முடிஞ்சு சொல்லுவோம்," என்றாள் அமிர்தவல்லி. "நம்ம ஊருக்கு வர்றவங்களுக்கு நாமதான் சாப்பாடு போடணும். அதுல மட்டும் வளைஞ்சு குடுக்க ஏலாது."

இப்படியாக அவர்கள் வந்து உட்கார்ந்திருந்தார்கள். அமிர்தவல்லி பக்கத்து வீட்டுப் பட்டில் இருந்தாள். எதிரே மகாதேவி பச்சைப் பட்டில், விறைப்பாக. அவளும் சற்றுமுன்தான் கைகழுவிவிட்டு வந்திருந்தாள். மதனும் ஆனந்தியும் ஒருவரையொருவர் பார்க்காமல் இருக்கப் பெரும்பாடு பட்டுக்கொண்டிருந்தார்கள்.

ராமர் வந்தான். எல்லோருக்கும் முன்னால் சூப் கிண்ணங்களை வைத்தான்.

"நாங்க சூப்பு கேக்கலயேப்பா," என்றார் அழகையா.

"காம்ப்ளிமெண்ட்ரி சார். ஆஃபர்ல..."

அமிர்தவல்லி அவன் பேச்சை நிறுத்த மேசைக்கடியில் காலை நீட்டினாள். அது அழகையா மேல் பட்டது. அவர் காரணம் புரியாமல் நகர்ந்து உட்கார்ந்தார்.

"நமக்கு இங்க பழக்கம்," என்றாள் அவள் அவசரமாக. "கேக்காமலே குடுப்பாங்க. குடிங்க மதினி, ஆறிப்போயிரும்."

மகாதேவியின் முகம் ஒரு நொடி வெளிறி, பிறகு தெளிந்தது. "அதான பாத்தேன். உங்களத் தெரிஞ்சுதான் குடுத்திருக்காங்க. வேற எதுக்குக் குடுக்கப் போறாங்க?" என்றாள். அதை இரண்டு முறை சொன்னாள்.

சூப் முடிந்தது. அமிர்தவல்லி நிம்மதியாக வாயைத் துடைத்தாள். ராமர் மறுபடி வந்து எல்லோருக்கும் இன்னொரு கிண்ணம் சூப் வைத்தான்.

ஒரு பொய் சொன்னவளுக்கு அதற்கு முட்டுக்கொடுக்க உடனே இன்னொன்று தேவைப்பட்டது.

"நம்ம கேரட்டுதான் இந்த ஓட்டலுக்கு வருது," என்றாள் அமிர்தவல்லி. "அதனால கொஞ்சம் கூடுதலாவே கவனிப்பாங்க."

"ஓட்டல் மொத்தத்துக்கும் நீங்கதான் சப்ளையாங்க மாமா?" என்று மதன் மரியாதையோடு கேட்டான்.

அழகையாவுக்குப் புரையேறியது. ஆனந்தி அவர் தலையில் தட்டினாள். தட்டியது கொஞ்சம் பலமாகவே இருந்தது.

"தோட்டம் எவ்வளவு இருக்கும்ங்க?" என்று மகாதேவி கேட்டாள். குரல் சற்று இறங்கியிருந்தது.

பொய் சொல்ல வராத அழகையா யோசித்தார். "நின்னு பாத்தா கண்ணுக்கு எட்டுன தூரம் கேரட்டுத்தாங்க," என்றார். தினமும் நின்று பார்ப்பவர் என்பதால் அதில் பொய் ஏதுமில்லை.

மகாதேவி சூப்பைக் கீழே வைத்துவிட்டாள்.

அமிர்தவல்லி கை கழுவப் போகிறேன் என்று எழுந்தாள். அவள் கையில் ஒன்றும் ஒட்டியிருக்கவில்லை. ராமரை ஓரமாக இழுத்தாள்.

"ஏன் தம்பி, எத்தன தடவதான் சூப்பு குடுப்ப? மானத்த வாங்குறியே."

"ஒரு கார்டுக்கு ஒரு தடவதான் மேடம் குடுக்கிறோம்."

"பொய் சொல்லாத. நான் எண்ணிக்கிட்டுத்தான் இருக்கேன்."

ராமர் ஏதோ சொல்ல வந்தான். வாயைத் திறந்தான், மூடினான். "எனக்குச் சொல்ற உரிமை இல்லீங்க மேடம்," என்றான் கடைசியில், மிகுந்த மனக்கஷ்டத்தோடு.

நல்ல பிள்ளைதான், மண்டையில் மட்டும் ஒன்றும் இல்லை என்று அமிர்தவல்லி தீர்மானித்தாள். "இன்னும் என்ன பாக்கி இருக்கு?"

"கேரட் அல்வா இருக்கு. அப்புறம் முதலாளி உத்தரவு, குடும்பத் தலைவிக்கு மேனேஜர் பொன்னாடை போத்துவாரு."

அமிர்தவல்லிக்கு உச்சந்தலையில் வியர்த்தது, அந்தக் குளிரிலும். "எனக்குப் பொன்னாடையும் வேணாம், ஒண்ணும் வேணாம். எதுக்குன்னு கேட்டா நான் என்ன சொல்லுவேன்?"

"அது ரூல்ஸ் மேடம். போட்டோகூட எடுப்பாங்க. போட்டோவ வேணும்னா நான் பேசி நிறுத்துறேன்."

"நிறுத்து. உனக்குப் புண்ணியமாப் போவும்."

பிரியாணி வந்தது. யாருக்கும் உள்ளே இறங்கவில்லை, மதனைத் தவிர. அல்வா வந்தது. அல்வா முடிவதற்குள் மறுபடி அல்வா வந்தது. இந்த முறை அமிர்தவல்லி விளக்கம் எதுவும் சொல்லவில்லை. எல்லாம் வழக்கமாக நடப்பதுதான் என்பதுபோல் தலையை மட்டும் ஆட்டினாள். மௌனம் பொய்யைவிட மோசமாக வேலை செய்தது. மகாதேவி அவளை ஒரு மந்திரியைப் பார்ப்பதுபோல் பார்த்தாள்.

பிறகு கோட்டுப் போட்ட மேனேஜர் வந்தார். கையில் தட்டு. தட்டில் பளபளவென்று இரண்டு பொன்னாடைகள். அவர் நேராக வந்து, "வாழ்த்துகள்மா" என்று சொல்லி அமிர்தவல்லிக்கு ஒன்றைப் போர்த்தினார். மேசையைச் சுற்றி வந்து, "உங்களுக்கும் வாழ்த்துகள்மா" என்று மகாதேவிக்கு இன்னொன்றைப் போர்த்தினார். கும்பிட்டுவிட்டுப் போய்விட்டார்.

பக்கத்து மேசைக்காரர்கள் கைதட்டினார்கள். எதற்கென்று அவர்களுக்கும் தெரியாது.

அமிர்தவல்லிக்கு ராமர் மேல் இருந்த கோபமெல்லாம் போய்விட்டது. அடடா, தனக்கு மட்டும் போர்த்தினால் சந்தேகம் வரும் என்று சம்பந்திக்கும் சேர்த்து ஏற்பாடு செய்திருக்கிறான். அவன் மண்டையில் ஒன்றும் இல்லை என்று நினைத்ததற்காக மனதுக்குள் மன்னிப்புக் கேட்டாள்.

பொன்னாடைக்குள் கல்லாக உட்கார்ந்திருந்த மகாதேவியிடம், "சம்பந்திக்கு மரியாத செய்யணும்னு நான்தான் சொல்லிவச்சேன் மதினி," என்றாள்.

"நீங்களா சொன்னீங்க?"

"நம்ம சொன்னா இங்க மறுபேச்சு கெடையாது."

அதைச் சொல்லியிருக்க வேண்டாம். மகாதேவி பொன்னாடையை மெதுவாக எடுத்து மடித்தாள். மடித்ததையே மறுபடி மடித்தாள்.

"மதினி, நான் மனசில உள்ளதப் பேசிருறேன். தப்பா எடுத்துக்கிறாதீங்க. தரகரு சொன்னப்ப நாங்க இவ்வளவு நெனைக்கல. உங்க வசதி என்ன, செல்வாக்கு என்ன. வர்றவன் போறவனெல்லாம் உங்களுக்குக் கும்புடு போடுறான். நாங்க ஏதோ வெள்ளனே எந்திரிச்சு எங்க சோலியப் பாத்துக்கிட்டு இருக்கிற ஆளுக. இது ஒத்துவருமான்னு வீட்டுல போயி யோசிச்சுச் சொல்றோமே."

வீட்டில் போய் யோசித்துச் சொல்கிறோம் என்றால் என்ன அர்த்தம் என்று பெண்ணைப் பெற்ற யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. மதன், "அம்மா" என்றான். மகாதேவி அவனைப் பார்க்கவில்லை. ஆனந்தி அல்வாக் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள். ஒரு சொட்டுக் கண்ணீர் அவள் கையில் விழுந்ததை அமிர்தவல்லி பார்த்தாள்.

ஏழை என்று தெரிந்தால் போய்விடும் என்று பயந்த சம்பந்தம், பணக்காரி என்று நினைத்ததால் போகிறது. இதற்கா இத்தனை பாடு. உண்மையைப் போட்டு உடைத்துவிடுவது என்று தீர்மானித்தாள். ஆனால் முதலில் பில்லைக் கட்டிவிட வேண்டும். கையில் காசில்லாமல் கதை சொன்னாள் என்று யாரும் சொல்லிவிடக் கூடாது. கட்டிவிட்டு வந்து, நிமிர்ந்து உட்கார்ந்து, நாங்கள் கூலிக்காரர்கள், எங்கள் பெண் தங்கம், இஷ்டமிருந்தால் கட்டுங்கள் என்று சொல்லப்போகிறாள்.

எழுந்தாள். அதே நேரத்தில் மகாதேவியும் எழுந்தாள்.

"பில்ல நான் குடுத்துர்றேன் மதினி," என்றாள் மகாதேவி.

"நீங்க உக்காருங்க. எங்க ஊருக்கு வந்திட்டு நீங்க குடுக்கிறதாவது."

"ஓட்டலச் சொன்னது நான்தான. நான்தான் குடுக்கணும்."

இருவரும் சிரித்துக்கொண்டே நடந்தார்கள். பாதி தூரம் போனதும் சிரிப்பு நின்றது, நடை வேகமானது. கல்லா மேசையை இருவரும் சேர்ந்தே போய் இடித்தார்கள். மகாதேவி அமிர்தவல்லியின் கையைப் பிடித்து அழுத்தினாள். அமிர்தவல்லி மற்றக் கையால் பர்ஸைத் திறந்தாள். மகாதேவி அந்தப் பர்ஸை மூடினாள். வழியில் டிரேயோடு நின்ற ராமர், இதில் ஒரு வார்த்தையும் பேசமாட்டேன் என்பதுபோல் விட்டத்தைப் பார்க்க ஆரம்பித்தான்.

"கைய விடுங்க மதினி. நாலு பேரு பாக்கிறாங்க."

"பாக்கட்டும். சூப்பு உங்களால, அல்வா உங்களால, போத்துன துணியும் உங்களால. இந்த ஒண்ணையாச்சும் நான் செய்யுறேன். இல்லேன்னா எம் மகன் எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு உங்க வீட்டுப் பொண்ணக் கேப்பான்?" மகாதேவியின் குரல் உடைந்தது.

"கேக்கிறதுக்கு மூஞ்சி எதுக்கு? ஆசை இருந்தாப் போதாதா?" அமிர்தவல்லிக்கும் குரல் உடைந்தது. ஆனால் பிடி தளரவில்லை. "எம் மக கல்யாணத்துக்கு மொத விருந்து. இத நான்தான் கட்டுவேன். இந்தா பிள்ள, சுருக்கா எவ்வளவுன்னு சொல்லு."

கல்லாவில் இருந்த காவ்யா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். கம்ப்யூட்டரைப் பார்த்தாள். இவர்கள் எதற்காக அடித்துக்கொள்கிறார்கள் என்பது அவளுக்கு நிஜமாகவே விளங்கவில்லை.

"ரெண்டு பேரும் பர்ஸ உள்ள வைங்க மேடம். அந்தம்மாவோட அந்தியோதயா கார்டுக்குப் பாதி போயிருச்சு, உங்க அந்தியோதயா கார்டுக்கு மிச்சப் பாதியும் போயிருச்சு, கட்டுறதுக்குப் பில்லே இல்லீங்க."