களைக்கு நல்ல தண்ணீர் ஊற்றிய பத்தையண்ணை

தீவுப் பகுதி முழுக்கச் சல்லடை போட்டுத் தேடினாலும், பவுசர் லொறியில் வரும் நல்ல தண்ணீரைக் களைக்கு ஊற்றிய மனிதர் ஒருவரைத்தான் காண்பீர்கள். அவர் புங்குடுதீவு மடத்துவெளியில் இருக்கும் பத்தையண்ணை. இதை நம்பாதவர்கள் முதலில் ஒரு கோடையை அந்தத் தீவில் கழித்துவிட்டு வந்து என்னோடு கதைக்கட்டும்.

அங்கே கிணறுகளுக்குக் குறைவில்லை. கிணற்றில் ஊறுவதுதான் தண்ணீர் இல்லை. அந்த உவரில் சவர்க்காரம் நுரைக்காது, பருப்பு அவியாது, தேத்தண்ணிக்குப் பால் விட்டால் திரைந்துபோகும். குடிக்கிற தண்ணீர் பவுசரில் வரும். சனம் பிளாஸ்டிக் கான்களோடு வரிசையில் நிற்கும். பத்தையண்ணையும் இரண்டு கானோடு நிற்பார். ஒன்று தனக்கு, மற்றது "உள்ளுக்கை இருக்கிற ஆக்களுக்கு" என்பார். வீட்டில் யாரோ நோயாளிகள் படுத்திருக்கிறார்கள் என்று நினைத்துப் பவுசர்ச் சாரதி அவருக்குக் கொஞ்சம் கூடவே விடுவார்.

உள்ளே இருந்த ஆக்கள் எல்லோரும் முழங்கால் உயரம். மெல்லிய தண்டு, நுனியில் சிறு தூரிகை மாதிரி ஊதாப் பூ. சீதேவியார் செங்கழுநீர் என்று பெயர். மாரியில் அது எந்த வேலியோரத்திலும் முளைக்கும், யாரும் திரும்பிப் பார்க்கமாட்டார்கள். சித்திரை வருசப் பிறப்புக்குக் கோயிலில், தலையில் வைத்து முழுகும் மருத்துநீர் காய்ச்சும்போதுதான் அதன் ஞாபகம் வரும். அதற்குள் பாதியை வெயில் தின்றிருக்கும், மீதியை ஆடு தின்றிருக்கும். பத்தையண்ணையின் மரநிழலில் மட்டும் அது பச்சையாக நிற்கும்.

"சூரியகாந்திக்குச் சொந்தம், தெரியுமோ? ஒரே குடும்பம்," என்பார். "சூரியகாந்தி கொழும்புக்குப் போய்க் கடை போட்டுக் கொழுத்த தமையன். இது ஊரோடை நிண்ட தம்பி."

அவரும் ஒரு காலத்தில் தென்பகுதிப் பட்டணம் ஒன்றில் கடை வைத்திருந்தவர்தான். "கலவரத்திலை எரிச்சாங்கள், வந்தனான்," என்பதற்கு மேல் அதைப்பற்றி அவர் கதைத்ததில்லை. கலியாணம் கட்ட நேரம் கிடைக்கவில்லை என்றும் சொன்னார். அப்படி என்ன வேலையாக இருந்தீர்கள் என்று கேட்க எனக்குத் துணிவு வரவில்லை.

அவர் காவல் இருந்த காணி, சுவிஸ் அக்கா என்று நாங்கள் சொல்லும் ஒரு மனுசியுடையது. சண்டைக்குள் அந்தக் குடும்பம் ஓடியது, வீடு விழுந்தது, விழுந்த இடத்தில் வேம்பும் பூவரசும் ஆலும் எழுந்து தோப்பாயின. ஊரில் புதரைப் பத்தை என்பார்கள். அந்தப் பத்தைக்கு ஒரு மூலையில் ஓலைக் கொட்டில் போட்டுக்கொண்டு, ஒரு கிளையை முறிக்கவும் ஆளை விடாதவர் பத்தையண்ணை ஆகாமல் வேறென்ன ஆவார்?

நான் ஏழாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன். உண்மையில் பள்ளிக்கூடந்தான் முதலில் எங்களை விட்டுவிட்டு இடம்பெயர்ந்தது. பிறகு வள்ளத்தில் மூட்டை இறக்கினேன், வவுனியாப் பேக்கரியில் பாண் சுட்டேன், கட்டாரில் கம்பி வளைத்தேன். ஒரு தை மாதம், வெளிநாட்டுக்காரரின் காணிகளைத் துப்புரவாக்கும் வேலையோடு புல்வெட்டும் மெஷினைத் தோளில் கொழுவிக்கொண்டு மடத்துவெளிக்குப் போனேன். பக்கத்துக் காணியை வெட்டும்போது மெஷினில் சுழன்ற தங்கூசி நைலோன் இழை வேலிக்கு அப்பால் எட்டி ஒரு செடிக்கூட்டத்தைச் சீவிவிட்டது.

பத்தையண்ணை கொக்கத்தடியோடு ஓடிவந்தார்.

"ஆரது? நிப்பாட்டும் மிசினை!"

"என்னண்ணை? புல்லுத்தானே."

"புல்லோ? தம்பி, உமக்குக் கண் என்ன முகத்தை மறைக்க வைச்சதோ? சீதேவியின்ரை பேரை வைச்சிருக்கிற செடி. நீர் தங்கூசியாலை கழுத்தை அறுத்துப்போட்டு நிக்கிறீர்!"

"தெரியாமல் வெட்டிப்போட்டன்."

"தெரிஞ்சு வெட்டியிருந்தால் நான் இப்பிடிக் கதைச்சுக்கொண்டு நிப்பனோ?"

தண்டனையாக அடுத்த பவுசருக்கு அவருடைய கான்களோடு என்னை வரிசையில் நிற்க வைத்தார். எனக்கு இருக்க இடமில்லை. அவரிடம் ஒரு பாய் மிச்சமாக இருந்தது. தண்டனை சித்திரை தாண்டியும் நீண்டது.

பூ முற்றி வெள்ளைப் பஞ்சாகப் பறக்கும் நாள்களில் அவருடைய அட்டகாசம் உச்சத்துக்குப் போகும். மோட்டார்சைக்கிள் வேகமாகப் போனால் காற்றடித்து விதை கடலுக்குப் போய்விடுமாம். ஒழுங்கையில் நடுவே நின்று, எல்லோரையும் இறங்கி உருட்டிக்கொண்டு போகச் சொல்வார். ஒருநாள் தமிழ் தெரியாத பொலிஸ்காரர் ஒருவர் வந்தார். எல்லோரும் தலையைக் குனிந்து மோட்டார்சைக்கிளை உருட்டுவதைப் பார்த்துச் செத்தவீடு என்று நினைத்து, ஹெல்மெட்டைக் கழற்றிக் கையில் பிடித்தபடி அவரும் உருட்டினார். பத்தையண்ணை அவருக்குத் தலையசைத்து நன்றி சொன்னார்.

சுவிஸ் அக்காவுக்குக் காணி துப்புரவாக இருக்கவேண்டும். மாதம் தவறாமல், "காணி வெட்டியாச்சோ? படம் அனுப்புங்கோ," என்று வாட்ஸ்அப்பில் கேட்பார். பத்தையண்ணை மறுப்பதில்லை. நேரே பள்ளிக்கூட விளையாட்டு மைதானத்துக்குப் போவார், படம் எடுப்பார், அனுப்புவார். ஒருமுறை அக்கா கேட்டார்:

"அண்ணை, எங்கடை காணிக்குள்ளை கோல் போஸ்ட் எப்ப வந்தது?"

"அது உடுப்புக் காயப்போட நட்டது, பிள்ளை."

"இவ்வளவு பெரிசோ?"

"பெட்சீற் காயவேணுமெல்லே."

இப்படியே மாதங்கள் போயின. வருசப் பிறப்புக்கு ஒரு கிழமை இருக்கும்போது வேலிப் படலையில் வான் வண்டி ஒன்று வந்து நின்றது. சுவிஸ் அக்கா இறங்கினார். கையில் இருந்த போனைப் பார்த்தார், தோப்பைப் பார்த்தார், மறுபடி போனைப் பார்த்தார்.

"அண்ணை, கோல் போஸ்ட் எங்கை?"

"கழட்டியாச்சு, பிள்ளை," என்றார் பத்தையண்ணை, கண்ணிமைக்காமல்.

"இந்த மரமெல்லாம்?"

"போன கிழமை ஒரு மழை பெய்ஞ்சது."

"ஒரு மழைக்கு ஆலமரமோ?"

"நல்ல மழை."

அக்கா வெடித்தார். "பள்ளிக்கூட மைதானத்தைப் பாத்தெல்லோ நான் வீட்டுக்குப் பிளான் கீறியிருக்கிறன்! வருசப் பிறப்புக்கு மற்றநாள் பெக்கோ மிசின் வரும். எல்லாத்தையும் வழிச்சுத் தள்ளப்போறன். நீங்களும் ஒரு இடம் பாருங்கோ."

பத்தையண்ணை கானைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்ச் செடிகளுக்குத் தண்ணீர் விட்டார். இடம் பார்ப்பது எனக்குக் கைவந்த தொழில். அவருக்கு எப்படிச் சொல்லிக் கொடுப்பதென்று யோசித்துக்கொண்டு பின்னால் போனேன்.

"பாய் விரிக்க எங்கையும் ஒரு இடம் கிடைக்கும், அண்ணை."

"எனக்கு இடம் கிடைக்கும், தம்பி. வாற ஆக்கள் எங்கை வருவினம்?"

"எந்த ஆக்கள்?"

"வருசப் பிறப்புக்கு முதல்நாள் பூவுக்கு வாற ஆக்கள். மற்ற நாளிலை என்ரை படலையைத் தள்ளிக்கொண்டு வாறது ஆடுதான்."

அப்போதுதான் அவருடைய சட்டம் எனக்கு விளங்கியது. கோயில் ஐயர் வருடா வருடம், "ஒரு சாக்கிலை கட்டித் தாங்கோ, என்ரை வேலை லேசாகும்," என்று கெஞ்சுவார். "ஏலாது" என்பார் இவர். வீட்டுக்கு ஒரு ஆள் நேரில் வரவேண்டும். ஒரு பிடி வாங்கவேண்டும். கொண்டுபோய்க் கோயிலில் மருத்துநீர் காய்ச்சும் கிடாரத்தில் தாங்களே போடவேண்டும். சொப்பிங் பையில் தரமாட்டார், சேலைத்தலைப்போ சாரமடியோ பிடிக்கவேண்டும். முக்கியமாக, கதிரையில் இருந்து ஒரு தேத்தண்ணி குடிக்காமல் போக விடமாட்டார். இந்தச் சாத்திரம் எங்கேயும் எழுதியிருக்கவில்லை. முழுக்க அவர் இட்டுக்கட்டியது.

வருசப் பிறப்புக்கு முதல்நாள் விடிந்ததும் சனம் வரத் தொடங்கியது. சுவிஸ் அக்கா பூவரசின் கீழே முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு இருந்தார். வந்த நாளிலிருந்து சொந்தக்காரர் வீடுகளைத் தேடி அலைந்தவர் அவர். தட்டிய படலையெல்லாம் பூட்டு. ஒருவர் கனடா, ஒருவர் கொழும்பு, ஒருவர் எங்கே என்று பூட்டுக்கே தெரியாது.

"பத்தையண்ணை, இன்னும் உயிரோடை இருக்கிறியளோ?" என்று கேட்டுக்கொண்டு நரைத்த மீசைக்காரர் ஒருவர் வந்தார்.

"உம்மடை கலியாணச் சாப்பாடு சாப்பிடாமல் போறேல்லை எண்டு இருக்கிறன். என்னைச் சாகவிடுற யோசனை உமக்கிருக்கோ?"

அவருக்குப் பின்னால் இறுப்பிட்டியிலிருந்து ஒரு கிழவி வந்தார். பூவை மடியில் வாங்கியவர் பூவரசடியைப் பார்த்தார். கிட்டப் போய் அக்காவின் நாடியைப் பிடித்து முகத்தைத் திருப்பினார்.

"எடியே, நீ வாத்தியாற்றை கடைசிப் பிள்ளையெல்லோ? மாமரத்திலை ஏறிப்போட்டு இறங்கத் தெரியாமல் ஊரைக் கூட்டினவள்!"

அக்கா சிரித்தார். சிரித்துக்கொண்டிருக்கும்போதே அழுதார். அதற்குள் செய்தி ஒழுங்கையில் ஓடிவிட்டது. பூவுக்கு வந்தவர்கள் அக்காவிடமும் வந்தார்கள். கூடப் படித்தவர் வந்தார். பூட்டிய படலைகளில் ஒன்றின் சொந்தக்காரியான அக்காவின் மச்சாள், எழுவைதீவில் கலியாணம் கட்டியிருக்கும் மகள் வீட்டிலிருந்து வள்ளத்தில் வந்து இறங்கினார். இருவரும் கட்டிப்பிடித்ததில் தேத்தண்ணிக் கிளாஸ் ஒன்று உடைந்தது.

மத்தியானம் நான் தண்ணீர்க் கானோடு திரும்பி வந்தபோது, கதிரையில் சுவிஸ் அக்கா இருந்தார். கையில் ஊதாப் பூவோடு ஒரு பிடி செடி. எதிரே ஒரு மனிதர் சொப்பிங் பையை நீட்டிக்கொண்டு நின்றார்.

"பையிலை தரேலாது! மடியைப் பிடியுங்கோ. தேத்தண்ணி குடிச்சியளோ?"

பத்தையண்ணை என்னைப் பார்த்தார். நான் வானத்தைப் பார்த்தேன்.

பெக்கோ சொன்னபடி வந்தது. அக்கா முன்னால் நடந்து ஒரு தடியை ஊன்றி, "இதுக்கு இங்காலை மட்டும் தள்ளும்," என்றார் சாரதியிடம். பிளானில் இருந்த கார்க்கொட்டகையும் விருந்தாளி அறையும் அந்த இடத்திலேயே செத்துப்போயின. தோப்பும் கொட்டிலும் தப்பின.

"ஆனா அண்ணை, இனிமேல் பொய்ப்படம் அனுப்பக்கூடாது."

"சத்தியமா அனுப்பமாட்டன், பிள்ளை."

சொல்லைக் காப்பாற்றினார். அடுத்த மாதம் அனுப்பிய படம் உண்மையான காணியுடையதுதான். முக்கால்வாசி அவருடைய பெருவிரல்.

எனக்குக் கால் அரிக்கத் தொடங்கியது. போகிறேன் என்றதும் அவர் தடுக்கவில்லை. தீப்பெட்டி ஒன்றைக் கையில் வைத்தார். உள்ளே பஞ்சு விதை.

"ஒரு இடத்திலை ஒரு மாரியாவது நிலையா இருப்பீர் எண்டால் போடும். இல்லாட்டிப் போடாதையும். முளைச்சதை விட்டிட்டுப் போறது சரியில்லை."

அதற்குப் பிறகு மன்னாரில் உப்பு அள்ளினேன், திருகோணமலையில் வலை இழுத்தேன். எங்கேயும் தீப்பெட்டியைத் திறக்கவில்லை. இப்போது நெடுந்தீவில் இருக்கிறேன். ஒரு மாரி இங்கேயே கழிந்துவிட்டது, கொட்டிலுக்குப் பின்னால் வேப்பமர நிழல் இருக்கிறது. இன்று காலை பவுசர் வந்தது. முதல் கான் தண்ணீர் எங்கே போனதென்று என்னைக் கேட்காதீர்கள்.