மூன்றாம் பிரதிவாதி

இதனால் சகலருக்கும் அறிவிப்பது: சிங்கவரம் தங்கராஜ், தன் பங்காளி பச்சமுத்துவோடு பதினேழு வருஷம் நடத்திய வழக்கில் ஜெயித்துவிட்டார். வழக்கு, கிணற்றோடு சேர்ந்த நாற்பது சென்ட் வேர்க்கடலைக் கொல்லையைப் பற்றியது. அன்று சாயங்காலமே செஞ்சி பஸ் ஸ்டாண்டு எதிரில் ஃப்ளெக்ஸ் எழும்பியது. பின்னால் ராஜகிரிக் கோட்டை, முன்னால் கூலிங் கிளாஸோடு தங்கராஜ், நடுவில் ‘வரலாற்றுத் தீர்ப்பு’. கோட்டையைப் பிடித்தவர்கள்கூட இவ்வளவு பெரிய போர்டு வைத்திருக்க மாட்டார்கள்.

பத்து நாள் கழித்துத் தீர்ப்பின் நகல் கைக்கு வந்தது. தங்கராஜ் சொன்னதெல்லாம் சத்தியம் என்று முப்பத்தேழு பக்கம் பேசியது. முப்பத்தெட்டாம் பக்கம், ‘ஆகவே மேற்படி சொத்து மூன்றாம் பிரதிவாதிக்கே பாத்தியம்’ என்று முடித்துவிட்டது.

“மூணாவது யாரு மேடம்?” என்றார் தங்கராஜ்.

“யாருமில்லண்ணே,” என்றார் வக்கீல் ஜெயஸ்ரீ. “பிரதிவாதிங்க ரெண்டே பேருதான். பச்சமுத்து, அவரு சம்சாரம்.”

“அப்ப மல்லாட்டய நான் புடுங்கலாம் இல்ல?”

“கூடாது. உங்களுக்குச் சொந்தமில்லன்னு தீர்ப்பு இருக்குதே.”

மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, பறிப்புக்கு வந்திருந்தது. இன்னும் கொஞ்ச நாள் விட்டால் மண்ணுக்குள்ளேயே முளைத்துவிடும்.

அப்பீல் என்றால் இன்னொரு பதினேழு வருஷம். ஆகவே, தீர்ப்பு சொன்ன நீதிமன்றமே அதைத் திரும்பப் பார்க்கும்படி மறுசீராய்வு மனு. சட்டத்துக்கு இரக்கம் உண்டு. பிழை பார்த்த மாத்திரத்தில் தெரிய வேண்டும். அல்லது, அன்றைக்கு எவ்வளவு தேடியும் அகப்படாத புது ஆதாரம் இன்றைக்கு அகப்பட்டிருக்க வேண்டும். அவ்வளவுதான் கேட்கிறது.

“பார்த்தவுடனே தெரியற பிழையா?” என்று கேட்டார் நீதிபதி.

“ஆமாங்கய்யா.”

“அதைக் காட்ட நாற்பத்திரண்டு பக்க மனு எதுக்கு? விளக்கினாத்தான் தெரியும்னா, அது பார்த்தவுடனே தெரியற பிழை இல்லையே.”

அடுத்த வாய்தாவில் ஜெயஸ்ரீ ஒரே வரியில் மனு போட்டார்: ‘மூன்றாம் பிரதிவாதி என்று ஒருவர் இல்லை.’

“ஆதாரம்?”

“வழக்குக் கட்டுலயே இருக்குங்கய்யா.”

“அப்ப கட்டைப் பிரிக்கணும். பிரிச்சுப் பார்த்தா அது பார்த்தவுடனே ஆகுமா?”

ஜெயஸ்ரீ சட்டத்தின் இரண்டாவது வழிக்குத் தாவினார். “அப்படின்னா, அவர் இல்லைங்கறதையே புது ஆதாரமா எடுத்துக்கணுங்கய்யா.”

நீதிபதி கண்ணாடியைக் கழற்றி வைத்து யோசித்தார். “அவர் எப்பலேர்ந்து இல்லை?”

“எப்பவுமே இல்லைங்கய்யா.”

“அப்ப புதுசு இல்லையே. உரிய அக்கறையோட தேடியிருந்தா, அவர் இல்லைன்னு உங்க கட்சிக்காரர் பதினேழு வருஷத்துக்கு முந்தியே கண்டுபிடிச்சிருக்கலாம்.”

மேலும், ஒருவரைக் கேட்காமல் அவர் நிலத்தில் கைவைப்பது இயற்கை நீதிக்கு விரோதம் என்பதால், மூன்றாம் பிரதிவாதிக்கு நோட்டீஸ் அனுப்ப உத்தரவாயிற்று. கோர்ட் அமீனா கொல்லைக்கே வந்தார். மோட்டார் கொட்டகைக் கதவில் நோட்டீஸை ஒட்டினார். மூன்று தடவை கூப்பிட்டுப் பார்த்துவிட்டு, ‘மேற்படியார் வெளியூர் சென்றுள்ளார்’ என்று எழுதிக்கொண்டு டீ குடிக்கப் போனார்.

அதற்குள் மழை பிடித்துக்கொண்டது. கடலை முளைவிட்டது. தன் கையால் விதைத்த செடியில் ஒன்றைக்கூடத் தொட முடியாமல் தங்கராஜ் வரப்பில் நின்று அழுதார். ஐம்பத்தாறு வயசு ஆம்பளை அழுவதைப் பச்சமுத்து ரோட்டிலிருந்து பார்த்தான். அவனுக்கும் என்னவோபோல் இருந்தது.

கடைசியில் ஜெயஸ்ரீ இருவரையும் ஒரே பெஞ்சில் உட்கார வைத்தார். “ஒரு வழி இருக்குது. மூணாமவர் இல்ல, நிலம் ஆளுக்குப் பாதின்னு ரெண்டு பேரும் ராஜியாயி கையெழுத்துப் போடுங்க. அடுத்த பட்டத்துக்கு விதைச்சிடலாம்.”

தங்கராஜ் பேனாவை எடுத்தார். பச்சமுத்துவும் எடுத்தான்.

“கெணறு எந்தப் பாதியில வருது?” என்றான் பச்சமுத்து.

“எம் பாதியிலதான்.”

“அதெப்படி?”

இருவரும் பேனாவைக் கீழே வைத்தார்கள்.

“இவனுக்குப் பாதி போறதுக்கு, அந்த மூணாமத்தாங்கிட்டயே இருந்துட்டுப் போவட்டும் மேடம்,” என்றார் தங்கராஜ்.

பதினேழு வருஷத்தில் முதல் தடவையாகப் பச்சமுத்து தலையாட்டினான். “அண்ணன் சொல்றதுதான் சரி. அந்தாளு நல்ல மனுசன். இத்தினி நாள்ல வரப்ப ஒரு ஜாண் வெட்டிருப்பானா?”