உத்திரமேரூர் கண்ட கிரேக்க சோகம்

1964-இல் கிரேக்க நாகரிகம் உத்திரமேரூரில் ஒரு மணி ஐம்பது நிமிடம் நிலவியது. டூரிங் டாக்கீஸில் அதற்கு நானே அதிகாரபூர்வ விளக்கவுரையாளர்.

பண்டைய சோக நாடகத்தை இந்தக் காலத்துக்கு மாற்றி எடுத்த படம். அரசனுக்குக் கோட்டு, தேருக்குப் பதில் கார். பேச்சு கிரேக்கம், அடியில் ஆங்கில எழுத்து. நான் தாவரவியல் பி.எஸ்ஸி. என்பதால், படத்தைத் தமிழில் விளக்க நானே தகுதியானவள் என்று 'கலா அபிவிருத்திச் சங்கம்' தீர்மானித்தது. மைக் முன்னால் குரல் நடுங்குமே என்றேன்.

"சோகப் படம்தானேம்மா, நடுங்கினா இன்னும் நன்னாயிருக்கும்," என்றார் காரியதரிசி வேதாந்தம்.

முதல் பெஞ்சில் பக்கத்துப் பெருநகர் கிராமத்து ஜெயமணி அம்மாள். தன் மகனுக்கு என்னைப் பெண் பேசிக்கொண்டிருந்தார். என் சாமர்த்தியத்தைக் கண்டபின் நிச்சயதார்த்தத்துக்கு நாள் குறிப்பதாக ஏற்பாடு. ஆகவே என் அம்மா என்னிடமிருந்து ஒரு பொருளைப் பிடுங்கித் தன் பையில் போட்டாள்.

"அந்தம்மா ஊர் போய்ச் சேர்ற வரைக்கும் இது எங்கிட்டயே இருக்கட்டும்."

விளக்கு அணைந்தது. கலைச் சேவையில் இறங்கினேன்.

"கதாநாயகன் வழியில் ஒரு பெரியவரைக் கட்டித் தழுவுகிறான்."

"கயுத்தப் புடிச்சி நெரிக்கிற மாதிரி கீது?" என்றது மணல் தரை டிக்கெட்டிலிருந்து ஒரு குரல். செங்கேணி.

"அது அந்த ஊர் மரியாதை."

சபை ஏற்றுக்கொண்டது. உலகத் தரமான கலையின் மேன்மை அது: எதைச் சொன்னாலும் பொருந்தும்.

அடுத்து கல்யாணம்.

"பொண்ணுக்குத் தலை நரைச்சிகீதே?"

"பவுடர்."

(பெரியவர் அவனுடைய தகப்பன், மணப்பெண் அவனைப் பெற்றவள் என்பதெல்லாம் மறுநாள் எனக்குக் கிடைத்த தகவல்.)

"பொண்ணு இன்னா தெளிவா சொல்லுது!" ஜெயமணி அம்மாளின் குரல். எனக்குக் கல்யாணக் களை வந்துவிட்டது. முடிவுக் கட்டத்தை உருக்கமாகவே சொன்னேன்:

"கதாநாயகன் ஆனந்தக் கண்ணீரைத் துடைத்துக்கொள்கிறான்."

கொட்டகை அலறியது.

"ஐயோ, ரெண்டு கண்ணுலயும் ஊசியக் குத்திக்கினு கீறான்! ரத்தம் ஊத்துது! நீ இன்னாம்மா, துடைக்கிறான்ற?"

படம் நின்றது. விளக்கு எரிந்தது. ஜெயமணி அம்மாள் எழுந்து பக்கத்தில் வந்தார்.

"ஏம்மா, நீ நெஜமாவே காலேஜ் படிச்சியா? இங்கிலீஷ் தெரியுமா உனக்கு?"

அம்மா பையை மார்போடு அணைத்துக்கொண்டாள். மைக் என் கையிலேயே இருந்தது.

"இங்கிலீஷ் தெரியுங்க," என்றேன். ஊர் முழுக்கக் கேட்டது. "தூரத்துல இருக்கறதுதான் கண்ணுக்குத் தெரியாது. நீங்க பாத்துடக் கூடாதுன்னு என் கண்ணாடிய எங்கம்மா புடுங்கி வச்சிருக்காங்க."