இங்கிலாந்துக்குச் சொன்ன வயது

ஒரு வீடு யாருடையது? அதில் சமைத்து, பெருக்கி, மழை ஒழுகும் இடத்தில் வாளி வைக்கிறவருடையதா, காணி உறுதிப் பத்திரத்தில் பெயர் எழுதப்பட்டவருடையதா? சமூகநலக் கொள்கை படித்துப் பட்டம் பெற்ற நான், இந்தக் கேள்விக்கு விடை தெரியாது என்பதே தெரியாமல் வாழ்ந்துவந்தேன். ஒரு வாரத்தில் இரண்டு குடும்பங்களைப் பிரிக்கப் பார்த்த பிறகுதான் தெரிந்தது. (பட்டம் இன்னும் கையில்தான் இருக்கிறது. யாரும் திருப்பிக் கேட்கவில்லை.)

எங்கள் வீடு கல்லடியில், கடற்கரைப் பக்கம். அடுத்த வளவில் பெரியம்மா தனியே இருக்கிறார். அவருடைய ஒரே மகள் தயாக்கா, கணவர் சுதன் அத்தானோடும் சின்ன மகளோடும் லண்டனில் வாடகைக்கு இருக்கிறார். தயாக்காவுக்கு முதியோர் பராமரிப்பு இல்லமொன்றில் வேலை, அத்தானுக்குப் பொருட்கிடங்கில். கிடங்கில் அத்தானின் வேலை நேரத்தைக் குறைத்தார்கள். அதே மாதம் வீட்டுக்காரர் வாடகையைக் கூட்டினார். குறைந்த வருமானத்தோடு வாடகைக்கு இருப்பவர்களுக்கு அந்த நாட்டு அரசு வாடகையில் ஒரு பங்கைக் கொடுத்து உதவுகிறது. தங்களுக்கு எவ்வளவு கிடைக்கக்கூடும் என்று முன்கூட்டியே மதிப்பிட்டுப் பார்க்க இணையத்தில் கணிப்பான்கள் இருக்கின்றன. கேள்விகளுக்குப் பதில் சொல்லிக்கொண்டே போனால் கடைசியில் ஒரு தொகை வரும்.

ஒரு பகல்பொழுதில் தயாக்கா அழைத்தார்.

“இஞ்ச பாருகா, நீதானே இதெல்லாம் படிச்சநீ. ஒருக்காப் போட்டுப் பாரு. கிடைக்கும் எண்டா இந்த வீட்டிலயே இரிப்பம். இல்லாட்டி ஆருடையவும் வீட்டில ஒரு அறை எடுத்துப் போகணும், பிள்ளைக்குப் பள்ளிக்கூடமும் மாறும். சனிக்கிழமை வீட்டுக்காரனுக்குப் பதில் சொல்லணும்.”

நான் உருகிப்போனேன். பல்கலைக்கழகத்தில் நான்கு ஆண்டுகள் ‘நலன்புரி அரசு’ என்று எழுதி எழுதிக் கை வலித்தது இந்த ஒரு நாளுக்காகத்தான் என்று தோன்றியது. மடிக்கணினியைத் திறந்து, முதுகை நிமிர்த்தி, கொள்கை வகுக்கும் ஒருத்தியின் முகபாவத்தோடு அமர்ந்தேன். (அறையில் வேறு யாரும் இல்லை. முகபாவம் எனக்காகத்தான்.)

ஊர்க் குறியீடு, வாடகை, சம்பளம், பிள்ளையின் வயது எல்லாம் சுலபமாகப் போயின. பிறகு அந்தக் கேள்வி வந்தது: நீங்கள் குடியிருக்கும் வீட்டைத் தவிர, உங்களுக்கோ உங்கள் துணைவருக்கோ வேறு எங்காவது, வெளிநாட்டில் உட்பட, வீடோ காணியோ சொந்தமாக உள்ளதா?

இருக்கிறதே. பெரியம்மா இருக்கும் வீடு தயாக்காவின் சீதன வீடு. எங்கள் பகுதியில் பெண்ணுக்கு வீடு கட்டிக்கொடுத்துத்தான் கலியாணம் செய்வார்கள். மாப்பிள்ளை தன் உடுப்புப் பெட்டியோடு பெண் வீட்டுக்கு வந்து குடியேறுவார். தயாக்கா கலியாணமாகி இரண்டாம் ஆண்டே லண்டன் போய்விட்டதால், மகளுக்கு எழுதிக்கொடுத்த வீட்டிலேயே தாய் விளக்கேற்றிக்கொண்டு இருக்கிறார். உறுதியில் பெயர் தயாளினி.

நான் நேர்மையானவள். “ஆம்” என்று அழுத்தினேன். உத்தேசப் பெறுமதி கேட்டது. அங்கேயாவது கொஞ்சம் அடக்கியிருக்கலாம். ஆனால் எங்கள் குடும்ப வீட்டைக் குறைத்து மதிப்பிட மனம் வரவில்லை. கடற்கரைக்கு அண்மை, புதிதாகப் பதித்த தரை ஓடு, வற்றாத கிணறு, காய்க்கும் தென்னைகள் என்று கூட்டிக்கொண்டே போனேன். குளியலறைக்கு வெளியே இருக்கும் செவ்வரத்தைப் பூச்செடியைக்கூட விடவில்லை. அந்தத் தொகையைப் பார்த்தால் தயாக்கா வாடகைக்கு இருப்பவராகத் தெரியவில்லை. கடற்கரை விடுதியொன்றின் முதலாளி மாதிரித் தெரிந்தார்.

திரையில் முடிவு வந்தது. சேமிப்பும் சொத்தும் வரம்பைத் தாண்டுகின்றன. கிடைக்கும் உதவி: பூச்சியம்.

அந்தக் கேள்விக்குக் கீழே ‘மேலதிக விளக்கம்’ என்று நீல எழுத்தில் ஓர் இணைப்பு இருந்தது. நான் அதை அழுத்தவில்லை. விளக்கம் தேவைப்படுவது மற்றவர்களுக்கு என்று நினைத்தேன்.

தயாக்காவிடம் சொன்னேன். பரவாயில்லை, அறை பார்க்கிறோம் என்றார். அந்தப் ‘பரவாயில்லை’ என்னைத் தூங்கவிடவில்லை. பெரியம்மாவிடம் போய் விடயத்தை விளக்கினேன். அவர் அகப்பையைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்.

“அப்ப இந்த வீடு இரிக்கிறதாலதான் என்ட புள்ளைக்கு அங்க வீடு இல்லாமப் போகுதா?”

இவ்வளவு துல்லியமாக என் ஆய்வுக் கட்டுரையில்கூட நான் எதையும் எழுதியதில்லை. உடனே எனக்கு ஒரு தீர்வு தோன்றியது: வீட்டை மீண்டும் பெரியம்மாவின் பெயருக்கு எழுதிவிட்டால் போதும். தயாக்காவுக்குச் சொத்து இல்லை. சொத்து இல்லையென்றால் உதவி உண்டு. எதைச் செய்யுமுன்னும் விளைவுகளை எடைபோட்டுப் பார்ப்பது என் பழக்கம். அன்றும் எடைபோட்டேன். நான் பிடித்திருந்த தராசில் ஒரு தட்டு மட்டுமே இருந்ததைக் கவனிக்கவில்லை.

ஏனென்றால் எங்கள் பக்கத்தில் சீதன உறுதி தாய்வீட்டுக்குத் திரும்புவது ஒரே ஒரு காரணத்துக்காகத்தான். கலியாணம் முறிந்தால். இது எனக்குத் தெரியாத வழக்கம் அல்ல. பிறந்தது முதல் தெரியும். ஆனால் அந்த நாட்களில் நான் இங்கிலாந்தின் சட்டத்தில் வாழ்ந்துகொண்டிருந்தேன். பெரியம்மாவுக்கும் தெரியாமல் இல்லை. “ஆக்கள் ஒண்டும் கதைக்கமாட்டாங்களா?” என்று ஒருமுறை இழுத்தார். உறுதி என்பது வெறும் ஆவணம், பெரியம்மா, என்று நான் விளங்கப்படுத்தினேன். படித்த பிள்ளை சொல்கிறது என்று அவர் சேலை மாற்றிக்கொண்டு வந்தார்.

பாலம் தாண்டி ரவுனுக்குள், உறுதி எழுதும் நொத்தாரிசு ஒருவரின் அலுவலகத்துக்குப் போனோம். மின்விசிறி உலங்குவானூர்தி மாதிரி இரைந்தது. அதற்கு மேலால் பேசிப் பழகிய மனிதர் அவர். சுவரோரம் கிடந்த நீள வாங்கில் ஏழெட்டுப் பேர் உட்கார்ந்து காத்திருந்தார்கள். நான் விடயத்தைச் சுருக்கமாகச் சொன்னேன். அவர் விரிவாக, உரத்து, திருப்பிக் கேட்டார்.

“மகள்ட சீதன வீட்டைத் தாய்ட பேருக்குத் திருப்பி எழுதப் போறீங்க. அப்படித்தானே?”

வாங்கில் இருந்த அத்தனை தலைகளும் எங்கள் பக்கம் கிறுகின. நான் ஆமென்றேன். அவர் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். பிள்ளைகள் உண்டா என்று விசாரித்தார். ஒரு பெண்பிள்ளை என்றேன். பாவம் என்றார். வாடகை கூடினால் பிள்ளைக்கும் பாவம்தானே என்று நானும் கவலையோடு தலையாட்டினேன்.

“மாப்பிள்ளை சம்மதிச்சிட்டாரா?”

“அவருக்கு இன்னும் சொல்லல்ல” என்றேன்.

பெரியம்மா என் முழங்கையைக் கிள்ளினார். நொத்தாரிசு, மகள் லண்டனிலிருந்து அற்றோணித் தத்துவம், அதாவது தனக்காகக் கையொப்பமிடும் அதிகாரப் பத்திரம், அனுப்பினால்தான் எதுவும் எழுதலாம் என்று சொல்லி, கதவுவரை வந்து வழியனுப்பினார். அத்தனை மரியாதை ஏன் என்று அப்போது எனக்கு விளங்கவில்லை. வாங்கில் இருந்த பெண்களில் ஒருவர் அத்தானின் ஊரான கல்குடாவைச் சேர்ந்தவர் என்பதும், அத்தானின் தாய்க்கு அயல்வீடு என்பதும்கூடத் தெரியாது. எங்கள் பஸ் பாலத்தைத் தாண்ட முன்னரே செய்தி கல்குடாவுக்குப் போய்விட்டது.

மறுநாள் பின்னேரம் ஒரு வான் வந்து நின்றது. அத்தானின் தாயாரான கல்குடா மாமியும், அவருடைய தமையனாரும் இறங்கினார்கள். மாமி வந்தால் கையில் ஒரு கருவாட்டுப் பை இருக்கும். அது இல்லாமல் அவர் வாசற்படலை தாண்டியதில்லை. அன்று வெறுங்கை. பெரியம்மா அதைப் பார்த்த உடனேயே கதிரையில் உட்கார்ந்துவிட்டார்.

மாமி உட்காரவில்லை.

“என்ட மகன் என்ன பிழை செஞ்சான் எண்டு சொல்லுங்க. சொல்லிப்போட்டு மறுகா வீட்டை எடுங்க.”

“அக்கா, இரிங்க முதல்ல” என்றார் பெரியம்மா. (கலியாணப் பேச்சு நடந்த நாளிலிருந்து பெரியம்மா அவரை அக்கா என்றுதான் கூப்பிடுவார். தனக்கு ஐம்பத்தொன்பது என்றும், கல்குடா அக்காவுக்கு அறுபதுக்கு மேல் என்றும் சொல்லிக்கொள்வார். எனக்கு நினைவு தெரிந்த நாளிலிருந்தே அவருக்கு ஐம்பத்தொன்பதுதான். தலைமுடியும் அதற்கு ஒத்துழைத்தது, மாதம் ஒருமுறை.)

அந்த நேரம் பார்த்து என் தொலைபேசி அடித்தது. தயாக்கா. மாமி காலையிலேயே மகனை அழைத்து அழுதிருக்கிறார். அத்தான் வேலைக்குப் போகாமல் மனைவியின் முகத்தைப் பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறார். தனக்குத் தெரியாமல் தன் கலியாணம் எப்படி முறிந்தது என்று தயாக்கா என்னிடம் கேட்டார். எல்லாருக்கும் கேட்கட்டும் என்று ஒலிபெருக்கியைப் போட்டேன்.

“இதுக்கெல்லாம் ஆரு காரணம்?” என்றார் மாமி. பெரியம்மாவின் விரல் எந்தத் தயக்கமும் இல்லாமல் என் பக்கம் நீண்டது.

ஆதாரத்தோடு பேசுவது என்று முடிவெடுத்தேன். மடிக்கணினியைக் கொண்டுவந்து முக்காலியில் வைத்து, அந்த நீல எழுத்து இணைப்பை முதன்முறையாக அழுத்தினேன். அங்கே உள்ளதை ஒவ்வொரு வசனமாகத் தமிழாக்கி எல்லாருக்கும் முன் வாசிக்கத் தொடங்கினேன். மாமியின் தமையனார் வாழைப்பழம் உரிப்பதை நிறுத்திவிட்டுக் கேட்டார்.

முதல் வசனம் எனக்குச் சாதகம். வெளிநாட்டிலுள்ள வீடும் சொத்தாகக் கணிக்கப்படும். பார்த்தீர்களா என்பதுபோல் நிமிர்ந்து பார்த்தேன்.

இரண்டாவது வசனத்தில் குரல் கொஞ்சம் இறங்கியது. உதவி பெறும் நோக்கத்தோடு ஒருவர் தன் சொத்தை வேறொருவருக்கு மாற்றினால், அது இன்னும் அவரிடமே இருப்பதாகக் கொள்ளப்படும்.

“அப்ப எழுதியும் பிரயோசனம் இல்லை” என்றார் மாமி. “வீடும் போய், காசும் போய், மானமும் போயிரிக்கும்.”

மூன்றாவது வசனத்தை மனதுக்குள் வாசித்துவிட்டு நிறுத்தினேன். இருமினேன். தண்ணீர் குடித்தேன். தொலைபேசிக்குள்ளிருந்து அத்தான், “ஏன் நிப்பாட்டினநீங்க, வாசிங்க” என்றார். வாசித்தேன். ஆயினும், அந்த வீட்டில் உங்களுடைய நெருங்கிய உறவினர் ஒருவர் வசித்து, அவர் ஓய்வூதிய வயதை எட்டியிருந்தால், அந்த வீடு கணக்கில் சேர்க்கப்படமாட்டாது.

ஒரே ஓர் இணைப்பை அழுத்தியிருந்தால் நொத்தாரிசு இல்லை, வான் இல்லை, கண்ணீர் இல்லை. செவ்வரத்தைக்கு நான் போட்ட விலைகூட வீண்.

“அங்க ஓய்வூதிய வயசு எத்தின?” என்றார் தயாக்கா.

“அறுபத்தேழு எண்டு வச்சுக்கொள்ளுங்க.”

எல்லாருடைய கண்களும் பெரியம்மாவின் மேல் போய் நின்றன. ஐம்பத்தொன்பது வயதுக்காரியால் இந்த வசனத்தில் மகளுக்கு எந்தப் பயனும் இல்லை. அவர் சேலைத் தலைப்பை விரலில் சுற்றினார், அவிழ்த்தார். மாமியைப் பார்த்தார். தொலைபேசியைப் பார்த்தார். அதற்குள் பேத்தி எதற்கோ சிணுங்கும் சத்தம் கேட்டது.

“புள்ள” என்றார் என்னிடம், மிகத் தணிந்த குரலில். “இத இங்கிலாந்துக்கு மட்டும் சொன்னாக் காணும்தானே?”

“ஓம், பெரியம்மா.”

“அப்படியெண்டா எழுது. அறுபத்தொம்பது.”

தொலைபேசிக்குள் அத்தான் சிரிப்பை அடக்கும் சத்தம் வந்தது. மாமி அப்போதுதான் கதிரையை இழுத்து உட்கார்ந்தார். விரல்களில் எதையோ கூட்டிப் பார்த்தார்.

“எனக்கு அறுபத்திநாலு” என்றார். “கலியாண வீட்டில ‘அக்கா முதல் போங்க, அக்கா முதல் போங்க’ எண்டு என்னைத்தானே முன்னால விட்டீங்க?”

பெரியம்மா தேத்தண்ணி போடுவதற்காக எழுந்து குசினிக்குள் போனார். வெகுநேரம் திரும்பவில்லை.

நான் கணிப்பானில் எல்லாவற்றையும் மீண்டும் நிரப்பினேன். இம்முறை ஒவ்வொரு நீல எழுத்தையும் அழுத்தினேன். வந்த தொகை முழு வாடகைக்குக் காணாது. ஆனால் கூட்டிய வாடகையைச் சமாளித்து, மிச்சத்தை அவர்கள் சம்பளத்தில் கட்டக்கூடிய அளவு இருந்தது. அப்படியென்றால் வீட்டுக்காரரிடம் இருக்கிறோம் என்று சொல்லவா என்று தயாக்கா கேட்டார். ஓம் என்று சொல்ல வாயெடுத்தேன். ஆனால் ஒரு நாளில் இரண்டு தடவை அறிவாளியாக இருக்கப் பயமாக இருந்தது. இது மதிப்பீடு மட்டும்தான், நாளைக்கே அங்குள்ள ஆலோசனை நிலையத்தில் கேளுங்கள், வீடு இருப்பதை மறைக்காமல் சொல்லி விண்ணப்பியுங்கள், பெரியம்மாவின் பிறப்புச் சான்றிதழை நான் அனுப்புகிறேன் என்றேன்.

“என்னது, சான்றிதழா?” என்று குசினிக்குள்ளிருந்து குரல் வந்தது.

ஆலோசனை நிலையத்தில் தயாக்காவிடம் கேட்ட முதற் கேள்வி, அந்த வீட்டில் யார் இருக்கிறார் என்பதுதானாம். வெள்ளிக்கிழமை விண்ணப்பித்தார்கள், சனிக்கிழமை வீட்டுக்காரருக்குப் பதில் சொன்னார்கள்.

எங்கள் வீட்டில் இப்போது யாரிடமாவது வயது கேட்டால், “கல்லடிக்கா, இங்கிலாந்துக்கா?” என்று திருப்பிக் கேட்பார்கள். மருத்துவரிடம்கூட என் அம்மா ஒருமுறை கேட்டுவிட்டார். நான் ஏதாவது யோசனை சொல்ல வாய் திறந்தால், “நீலத்தை அமத்தினநீயா?” என்பதே முதற் கேள்வி. குடும்பத்தில் மிகச் சின்னவர்களும் இதைக் கேட்கிறார்கள். அவர்களுக்கு நீலம் எதுவென்று தெரியாது.

உதவி கிடைத்தது. தயாக்கா அதே வீட்டில் இருக்கிறார். கல்லடி வீடு அவருடைய பெயரிலேயே இருக்கிறது. அதில் பெரியம்மா இருக்கிறார். கல்குடா மாமி முன்புபோலவே கருவாட்டுப் பையோடு வருகிறார். படலையில் நின்று, பக்கத்து வளவுகளுக்கெல்லாம் கேட்கும்படி, பெரியம்மாவை “அக்கா” என்று கூப்பிடுகிறார்.