மூன்றாம் மாடி மௌனம்

நேர்மை இவ்வுலகில் எங்கே குடியிருக்கிறது என்று தேடுபவர்கள் இனி அலைய வேண்டாம். மூன்றாம் மாடியில், பல் மருத்துவரின் கதவுக்கு எதிரே இருந்த மொழிபெயர்ப்பு அலுவலகத்தில் அது நிரந்தர ஊழியர். அலுவலகப் பென்சிலை வீட்டுக்குக் கொண்டுபோன தட்டச்சரை அன்றே வேலையை விட்டு அனுப்பியவர் அதன் இயக்குநர்.

ஏழு மாதமாக வேலையில்லாத அகராதி ஆசிரியை நேர்காணலுக்கு வந்தபோது மணி பத்து. அங்கிருந்த ஊழியர்கள் பதினொரு பேரும் எழுந்து இணைய வயரைப் பிடுங்கிவிட்டு அசையாமல் நின்றார்கள். யாருக்கோ அஞ்சலி போலிருக்கிறது என்று அவளும் தலைகுனிந்தாள்.

"அகராதி செயலி திறக்குதுங்க. நெட் இருந்தா லைசென்ஸ் கேக்கும்," என்றார் பக்கத்திலிருந்த குமாஸ்தா.

இயக்குநரின் மைத்துனர் காசில்லாமல் எங்கிருந்தோ 'அருளிய' பிரதியாம். அதைக் கண்டாலே கத்துகிறதென்று வைரஸ் தடுப்பிக்கு நிரந்தர விடுப்பு கொடுத்திருந்தார்கள். வாடிக்கையாளர்களின் உயில்களும் மருத்துவ அறிக்கைகளும் கதவில்லாத வீட்டில் நிம்மதியாகத் தூங்கின.

அவள் திரையை எட்டிப் பார்த்தாள். ஒன்பது வருடம் அவள் தொகுத்த அகராதி அது. கோபம் வந்திருக்க வேண்டும், வந்தது நம்பிக்கை. இந்த வேலை கிடைத்த மாதிரிதான்.

அறைக்குள் இயக்குநர் அந்த அகராதியைக் கால் மணி நேரம் புகழ்ந்தார். அது இல்லாமல் ஒரு வரி ஓடாது என்றார். அதைத் தொகுத்தவள் தான்தான் என்று அவள் சொன்னதும் எழுந்து நின்றார். தேநீர் வந்தது. பிறகு, அவ்வளவு பெரிய வேலையை ஏன் விட்டாள் என்று விசாரித்தார்.

"அகராதி விக்கலை சார். யாருமே பயன்படுத்தலைன்னு எங்க பிரிவையே மூடிட்டாங்க."

இயக்குநர் உட்கார்ந்தார். முகம் சுருங்கியது. மேலாளரை அழைத்து மூலையில் அவசரக் கூட்டம் ஒன்றை நடத்தி முடித்தார்.

"தப்பா நினைக்காதீங்கம்மா. யாரும் வாங்காத ஒண்ணை ஒன்பது வருஷம் செஞ்சிருக்கீங்க. எங்க பேருக்கு அது ஒத்துவராது."

"வெளியில பதினொரு பேர் அதை வச்சுத்தானே சார் வேலை பாக்கறாங்க?"

"பாக்கறாங்க. ஆனா ஒருத்தராவது வாங்கினாங்களா, சொல்லுங்க?"

நேர்மையான நிறுவனம் என்பதால் மறுப்புக் கடிதத்தைக் கையோடு கொடுத்தார்கள். அது அவள் மனத்தைப் புண்படுத்திவிடக் கூடாதென்று, இயக்குநரே அவளுடைய அகராதியைப் புரட்டி, இதமான சொற்களாகப் பார்த்துப் பொறுக்கிப் போட்டிருந்தார்.