மஞ்சள் கோட்டுக்கு அப்பால் கதிர்காமத்தான்

குன்றுதோறும் குடியிருந்தும் எந்தக் குன்றுக்கும் தவணை கட்டாத குமரக் கடவுளின் திருவடிகளை முதற்கண் வணங்குகிறோம். மூன்றடி மண் கேட்டு வந்து மூவுலகையும் அளந்த திருமாலையும் வணங்குகிறோம். அளந்த பெருமான் அளவைக் கட்டணம் என்று தனியே ஒன்றும் வசூலிக்கவில்லை; அதற்காக இன்னொரு முறையும் வணங்குகிறோம். மாமன் மருகன் இருவர் அருளும் துணைநிற்க, நீலமலைச் சாரலில் அழகையா என்னும் இல்லறத்தார் சொந்த வீடு பெற்ற சரிதத்தைச் சொல்லப் புகுகிறோம்.

குன்னூருக்கும் கோத்தகிரிக்கும் இடைப்பட்ட ஒரு சரிவில், சிறு விவசாயிகளிடம் பச்சைக் கொழுந்து வாங்கித் தூளாக்கும் தொழிற்சாலையில் அழகையா டீ மேக்கராக இருந்தார். அவருடைய தந்தையார் இலங்கைத் தோட்டத்திலிருந்து கப்பலேறி வந்தபோது கொண்டுவந்த உடைமைகள் இரண்டே. ஒன்று தகரப் பெட்டி; மற்றொன்று கண்ணாடிச் சட்டமிட்ட கதிர்காமத்து முருகன் படம். பெட்டி துருப்பிடித்து உதிர்ந்தது. முருகன் மட்டும் லயம் என்னும் தோட்டத்து வரிசைக் குடியிருப்புகளில் ஒன்று விட்டு ஒன்று மாறி, எந்தத் துரைக்கோ சொந்தமான சுவர்களில் தொங்கியே காலம் கழித்தார்.

"இவரை ஒரு நாளாச்சும் நம்ம சொந்தச் சுவத்துல வெச்சுக் கும்புட்டுரணும்" என்பது அழகையாவின் மனைவி பேச்சியம்மாவின் வேண்டுதல்.

அவ்வேண்டுதலை நிறைவேற்றத் திருவுளம் கொண்டது 'இல்லந்தோறும் இன்பம்' வீட்டுக்கடன் நிறுவனம். கடன் ஐந்து லட்சம். காலம் இருபது ஆண்டு. வட்டி பதின்மூன்று சதவீதம். ஆனால் அது சூழ்நிலைக்கேற்ப மாறக்கூடியது. காலையில் வெயிலும் பகலில் பனிமூட்டமும் மாலையில் மழையும் பார்த்து வளர்ந்தவருக்கு மாறக்கூடியது என்ற சொல் அச்சமூட்டவில்லை. நிறுவனத்தார் காட்டிய இடங்களிலெல்லாம் அழகையா கையெழுத்திட்டார்.

வீடு எழும்பியது. அந்நாளில் மலையில் வீடு கட்டுவோர் எல்லோரும் வெள்ளைக்காரன் பங்களாவைப் போலப் புகைபோக்கி வைத்துக் கட்டினார்கள். அழகையா வீட்டுக்கும் ஒன்று வாய்த்தது. சமையல் கேஸ் அடுப்பில் நடந்ததால் அதன் வழியே புகை மேலே போனதில்லை. மழைதான் கீழே வந்தது. என்றாலும் வாசலை அடுத்த கூடத்துச் சுவரில் ஒரு மாடம் அமைத்து, அதில் ஆணியடித்துக் கதிர்காமத்தானை மாட்டி, பேச்சியம்மா விளக்கேற்றிய அன்று, அழகையாவின் கண்ணில் பெருகிய நீருக்குப் புகைபோக்கி காரணமன்று.

மூன்றாண்டுகள் தவணை தவறாமல் சென்றது. அதற்குள் கிலோ பதினெட்டு ரூபாய் விற்ற பச்சைக் கொழுந்து ஐந்து ரூபாய்க்கு இறங்கியது. தொழிற்சாலை வாரத்தில் மூன்று நாள் மட்டும் ஓடியது. இத்தகைய வேளையில்தான் நிறுவனத்தின் தலைமையகத்தார் கடற்கரை விடுதி ஒன்றில் கூடி, அவ்வாண்டை 'வெளிப்படைத்தன்மை ஆண்டு' என்று அறிவித்தனர். கடன் பெற்ற ஒவ்வொருவருக்கும் அவர் வீட்டில் அவருக்கு உரியது எவ்வளவு என்பதை வெளிப்படையாகக் காட்டிவிட வேண்டும் என்பது தீர்மானம்.

அதன்படி ஒரு மழைநாளில் கிளை அலுவலர் தினகரன் அழகையாவின் வாசலில் வந்து நின்றார். குள்ளமான உருவம், கையில் குடை, கக்கத்தில் அளவு நாடா, மறு கையில் மஞ்சள் பெயின்ட் டப்பா. புராணம் அறிந்தவர் யாரேனும் பார்த்திருந்தால் அப்போதே கதவைச் சாத்தியிருப்பார்.

"ஏனுங்க அழகையா, உள்ள வரலாமுங்களா?"

"வாங்க சார், வாங்க. உங்க ஊடு மாதிரி நெனைச்சுக்கங்க."

"நெனைக்க வேண்டியதில்லீங்க. அதைத்தான் அளந்து சொல்ல வந்திருக்கேன்."

தினகரன் தலைவாசலிலிருந்து நாடாவை இழுத்தார். இதுவரை அழகையா கட்டியது இரண்டு லட்சத்துக்கும் மேல். அதில் அசலுக்குச் சேர்ந்தது பத்தொன்பதாயிரம். அறுநூறு சதுர அடி வீட்டில் அதன் விகிதம் இருபத்து மூன்று சதுர அடி.

"மிச்சக் காசெல்லாம் எங்க சார் போச்சு?" என்றாள் பேச்சியம்மா.

"வட்டிங்கம்மா."

"அது ஊட்டுல எந்தப் பக்கம் இருக்கு?"

"அது ஊட்டுக்குள்ள இருக்காதுங்க. ஊடு உங்ககிட்ட இருக்கறதுக்காகக் கட்டறது."

"ஊடு எங்ககிட்ட இல்லேன்னுதானே இப்பக் கோடு போட வந்திருக்கீங்க?"

தினகரன் டப்பாவின் மூடியைத் திறந்தார். கடமையுணர்வு மிக்கவர்.

கூடத்தின் குறுக்கே மஞ்சள் கோடு விழுந்தது. கோட்டுக்கு இப்பால், வாசலையொட்டிய பகுதி அழகையாவுக்கு உரியது. அங்கே ஒரு கட்டில் போடலாம். கட்டிலிலிருந்து இறங்கினால் கால் படுவது நிறுவனத்தின் தரையில். சமையலறை, படுக்கையறை, குளியலறை யாவும் அப்பால். அவற்றையெல்லாம் அழகையா பொறுத்துக்கொண்டார். ஆனால் முருகன் வீற்றிருந்த மாடம் கோட்டுக்கு ஒரு சாண் அப்பால் போய்விட்டது.

பேச்சியம்மா வெகுநேரம் அந்த ஒரு சாணையே பார்த்துக்கொண்டிருந்தாள். "எங்க மாமா கப்பல்ல மடியில வெச்சுக் கொண்டாந்த சாமி சார். மறுபடியும் அடுத்தவங்க சுவத்துலதானா? படத்தைக் கழட்டி இந்தப் பக்கம் வெச்சுக்கறோமே."

"ஆகாதுங்கம்மா. ஆணியடிச்சு மாட்டுன பொருள் கட்டடத்தோட சேர்ந்தது. அடமானச் சொத்துலிருந்து ஆணியைப் பேர்த்தா ஒப்பந்த மீறல் ஆயிரும்."

"அப்ப அந்தப் புகைபோக்கியும் உங்களுதுதானுங்களே?" என்று அழகையாவுக்கு ஒரு நம்பிக்கை பிறந்தது. "அது வழியா மழை கொட்டுது. கொஞ்சம் அடைச்சுக் குடுத்துருங்க சார்."

"புகைபோக்கி எங்களுதுங்க. ஒழுகல் உங்களுது. ஒப்பந்தத்துல பராமரிப்புன்னு தனியாப் போட்டிருக்கு பாருங்க."

அன்றிரவு கணவனும் மனைவியும் ஒரு முடிவுக்கு வந்தனர். எப்பாடுபட்டேனும் கோட்டை ஓரடி நகர்த்தி, சாமியை மீட்டுவிடுவது. கறவை மாடு ஒன்று இருந்தது. அதைப் பத்தாயிரத்துக்கு விற்றுப் பணத்தை நிறுவனத்தில் செலுத்தினர். கடனை முன்கூட்டியே கட்டிய குற்றத்துக்கு ஒரு கட்டணமும், கோடு பெயர்ப்புக் கட்டணம் ஒன்றும் கழித்துக்கொண்டு, மிகுதியை நிறுவனம் அசலில் வரவு வைத்தது. தினகரன் மீண்டும் குடையோடு வந்து பழைய கோட்டைச் சுரண்டி, ஓரடி தள்ளிப் புதுக்கோடு இழுத்தார். மாடம் இப்பால் வந்தது. பேச்சியம்மா சர்க்கரைப் பொங்கல் வைத்தாள். பால் கடையில் வாங்கியது.

பொங்கலுக்கு வந்த அக்கம்பக்கத்தார் கோட்டை வியந்து பார்த்தனர். கடைவீதியில் மளிகைக் கடை வைத்திருந்த அப்துல் கையூமும் வந்திருந்தார். வட்டிக்கு வாங்குவது தம் மார்க்கத்துக்கு ஆகாதென்று, கையில் காசு சேரச் சேர ஆண்டுக்கோர் அறையாகப் பதினோராண்டாய் வீடு கட்டிக்கொண்டிருப்பவர் அவர். அவர் வீட்டில் இன்னும் ஒரு பக்கம் தார்ப்பாய்தான்.

"என்ன பாய், உங்க ஊட்டுல கோடு எங்க இருக்கு?" என்று ஒருவர் கேட்டார்.

"எனக்குக் கோடே கெடையாதுங்க. தார்ப்பாய் வரைக்கும் எல்லாம் நம்மளுது."

கூட்டம் அவரை இரக்கத்தோடு பார்த்தது. ஒரு நிறுவனமும் நம்பிக் கடன் கொடுக்காத மனிதர்!

அன்று முதல் மலையில் கோடு ஒரு நாகரிகமாயிற்று. பெண் பார்க்க வந்தவர்கள் முதலில் தரையைப் பார்த்தனர். கோடு இல்லாத வீட்டார் கூசினர். சிலர் கோட்டுக்காகவே கடன் வாங்கினர். கடன் கிடைக்காதவர்கள் தாமே பெயின்ட் வாங்கிக் கோடிழுத்து, அதைக் கூச்சத்தோடு பாயால் பாதி மறைத்து வைத்தனர். அப்துல் கையூம் பருப்பு மூட்டைகளை ஒதுக்கிவிட்டு மஞ்சள் பெயின்ட் அடுக்கினார். கோடில்லாதவர் விற்கும் பெயின்ட் தரமாயிருக்குமா என்று வாடிக்கையாளர் சிலர் ஐயுறவே, கடையின் தரையில் அவரும் ஒரு கோடு இழுத்தார். தொழில் தருமம்.

முருகன் சொந்தச் சுவரில் இருந்தது இரண்டு மாதம். மூன்றாம் மாதம் வட்டி பதினைந்து சதவீதமாயிற்று. மலையில் இறங்கத் தெரிந்தது கொழுந்து விலை; ஏறத் தெரிந்தது வட்டி. வட்டியை உயர்த்தும் பணிக்கு 'மறுநிர்ணயக் கட்டணம்' என்று ஒரு தொகை அசலில் கூடியது. கோடு ஓரடி பின்வாங்கி, மாடத்தை மீண்டும் அப்பால் விட்டது. அடுத்துத் தொழிற்சாலை மூன்று மாதம் மூடப்பட்டது. மூன்று தவணை நின்றது. கோடு சுவரோரமாய் நழுவி, தலைவாசலின் படியில் வந்து நின்றது. வீட்டுக்குள் அழகையாவுக்கு உரியதென்று மிஞ்சியது ஒழுகல் மட்டுமே.

படியில் பெயின்ட் அடித்துக்கொண்டிருந்த தினகரனிடம் அழகையா அன்றுதான் முதன்முதலாக அந்தக் கேள்வியைக் கேட்டார். கையெழுத்திட்ட நாளில் கேட்டிருக்க வேண்டிய கேள்வி.

"சார், எல்லாம் முடியறப்ப நான் மொத்தமா எவ்வளவு கட்டியிருப்பேன்?"

தினகரன் தூரிகையைக் கீழே வைத்தார். "பழைய தவணையே கட்டுனீங்கன்னா முடியவே முடியாதுங்க. அது வட்டிக்கே பத்தாது. தவணையை ஏத்திக் கட்டுனா, பதினஞ்சு லட்சத்துக்கு மேல வரும்."

"அஞ்சு லட்சத்து ஊட்டுக்கா?"

"ஆமாங்க."

"அப்ப நான் மூணு ஊட்டுக்குக் காசு குடுக்கறேன். ஒண்ணு இந்த ஊடு. ரெண்டாவது வட்டிக்கு. மூணாவது எதுக்குங்க?"

"வட்டி மாறுனதுக்குங்க."

மாவலிச் சக்கரவர்த்திக்கும் இரண்டடியின் கணக்குத் தெளிவாகவே புரிந்தது. மூன்றாவதற்குத்தான் இடம் காணாமல் தலையைக் கொடுத்தான். அழகையாவும் தலை குனிந்து படியில் அமர்ந்தார். ஆயினும் அம்மன்னனுக்குப் பெருமாளே வாயில்காப்போனாக நின்றான் என்பர். நிறுவனமும் குறை வைக்கவில்லை. மறுநாள் முதல் வசூல் முகவர் ஒருவரை வாசலில் நிறுத்துவதாகத் தினகரன் தெரிவித்தார்.

மழை விட்டிருந்தது. பேச்சியம்மா தேநீர் கொண்டுவந்தாள். தினகரன் ஒரு கையால் குடையைப் பிடித்தபடியே மறு கையால் டம்ளரை வாங்கினார்.

"மழைதான் விட்டுருச்சே சார். இன்னும் எதுக்குக் குடை?"

"பழக்கம் ஆயிருச்சுங்கம்மா" என்றார் அவர், தேநீரை ஊதியபடி. "குன்னூரை ஒட்டி வெலிங்டன் பக்கம் நமக்கும் ஒரு ஊடு இருக்குது. இதே கம்பெனிலதான் கடன். எங்க கோடு வாசப்படியத் தாண்டி ரோட்டுக்கு வந்து ஆறு மாசமாச்சுங்க."

அதைக் கேட்டதும் பேச்சியம்மா விடுவிடுவென்று உள்ளே போனாள். மாடத்தின் முன் நின்று, "முருகா, மன்னிச்சுக்கோ" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டு, ஆணியைத் தொடாமல் படத்தை மட்டும் கழற்றினாள். வெளியே கொண்டுவந்து, படிக்கு அப்பால் தெருவோரத்துப் பாறையில் சாத்தி வைத்தாள்.

"ஆணி உங்களுது சார். அது உங்க சுவத்துலயே இருக்கு, எண்ணிக்கங்க. சாமி எங்களுது."

தினகரன் உள்ளே எட்டிப் பார்த்தார். ஆணி இருந்தது. பேர்க்கக் கூடாதென்று ஒப்பந்தத்தில் எழுதியிருந்தது ஆணியை மட்டுமே; விதிமுறையில் குறையொன்றும் இல்லை. அவர் தம் குடையை விரித்தபடியே படத்துக்கு மேல் செருகி வைத்துவிட்டு, வெறுங்கையோடு மலையிறங்கிப் போனார். இத்தனை காலத்தில் நிறுவனத்தின் சார்பில் அவர் கொடுத்த ஒன்று அதுதான்.

இத்துடன் கதை முடிந்திருந்தால் நன்று. ஆனால் அந்தப் பாறை இருந்தது புறம்போக்கு நிலத்தில். இரண்டாம் வாரமே அரசு அலுவலகத்திலிருந்து ஒரு நோட்டீஸ் பாறையில் ஒட்டப்பட்டது. 'கதிர்காமத்தான், தந்தை பெயர் சிவன், தொழில் தெரியவில்லை. மேற்படியார் அரசுப் புறம்போக்கை ஆக்கிரமித்துள்ளதாலும், குடை வடிவில் நிரந்தரக் கூரை அமைத்துள்ளதாலும், பதினைந்து நாட்களுக்குள் காலி செய்து தமக்குச் சொந்தமான இடத்துக்குச் செல்ல வேண்டியது.'

நோட்டீஸின் பசை காயுமுன் தினகரன் வந்துவிட்டார். புதுக் குடை. கையில் புது விண்ணப்பம். பேச்சியம்மா பாறைமுன் விளக்கேற்றிக்கொண்டிருந்தாள். வழிப்போக்கர் போட்ட சில்லறை தட்டில் கிடந்தது. தினகரன் அதை ஒரு பார்வை பார்த்து 'நிலையான வருமானம் உண்டு' என்று எழுதிக்கொண்டார்.

"சாமிக்கா கடன்?" என்றார் அழகையா.

"தலைமையகத்துல கேட்டுட்டேனுங்க. ரொம்ப சந்தோஷப்பட்டாங்க. மத்தவங்களுக்கு அறுபது வயசுக்குள்ள கடனை முடிக்கோணும். இவரு என்னைக்கும் இளையவரு. தவணைக்கு முடிவே வேண்டாமுங்க."

கையெழுத்துக்கு இடம் காட்டி அவர் விண்ணப்பத்தைப் பாறைமேல் வைத்தார். கதிர்காமத்தான் வழக்கம்போலப் புன்னகை செய்துகொண்டிருந்தார். அதைச் சம்மதம் என்று கொள்ள விதிமுறையில் இடம் இருந்தது.

இச்சரிதத்தைப் படித்தோரும், படிக்கக் கேட்டோரும், கேட்டபடியே காலடியில் கோடு தேடியோரும், கையெழுத்திடுமுன் காகிதத்தின் பின்பக்கத்தைத் திருப்பிப் பார்க்கும் கண்ணும், மொத்தம் எவ்வளவு என்று முதல் நாளே கேட்கும் நாவும் பெற்று, தாம் விளக்கேற்றும் இடம் கோட்டுக்கு இப்பால் இருக்க, மனைமக்களோடு இனிது வாழ்வாராக. தவணைக்கு உட்பட்ட அந்தக் குமரக் கடவுளும் அவர்களுக்குத் துணைநிற்பாராக.