அக்காவின் பாட்டை விழுங்கிய டைட்டில்

மேடையில் பேசிப் பழகியவனிடம் அரை நிமிடத்தைக் கொடுப்பது, பசித்தவன் இலையில் ஒரே ஒரு பருக்கையை வைப்பதற்கு ஒப்பாகும். வாங்கிக்கொள்வான், ஆனால் அதைச் சாப்பாடு என்று ஒருபோதும் ஒப்புக்கொள்ளமாட்டான். பேச்சாளர்களின் இந்தப் பொதுக் குணத்தை நான் யாரிடமும் கேட்டறிந்து சொல்லவில்லை. ஆம்பூர் நகரமே சாட்சியாக இருக்க, நானே நிரூபித்துக் காட்டிய உண்மை இது.

இன்று சென்னையில் தொலைக்காட்சித் தொடர்களுக்கும் இணையத் தொடர்களுக்கும் டைட்டில் வடிவமைப்பது என் தொழில். கதை தொடங்குவதற்கு முன் இசையோடு பெயர்கள் வந்து போகுமே, பின்னால் காட்சிகள் நகருமே, அந்த முகப்பு. (நீங்கள் தண்ணீர் குடிக்க எழுந்து போகும் நேரம் என்று சொன்னால் சட்டென்று விளங்கும்.) இத்துறையில் என் முதல் படைப்பு ஆம்பூரின் உள்ளூர் கேபிள் சேனல் ஒன்றில் ஒளிபரப்பானது. ஒரே ஒரு முறைதான் ஒளிபரப்பானது. மறுமுறை ஒளிபரப்ப எந்த மனிதருக்கும் துணிவு வரவில்லை.

அப்போது நான் வேலூரில் கல்லூரி இறுதியாண்டு மாணவன். பேச்சுப் போட்டி, சொற்போர், கவியரங்கம் என எந்த மேடை கண்ணில் பட்டாலும் ஏறிவிடுவேன். எச்சரிக்கை மணி அடித்தால், அதை எனக்கான கைதட்டலாகக் கருதித் தொடர்ந்து முழங்குவேன். வீட்டு அலமாரியில் என் கோப்பைகள் நெருக்கியடித்து நின்றன. அவற்றைத் துடைத்து வைக்கும் பொறுப்பு அக்கா வளர்மதியிடம் இருந்தது.

அக்கா ஒரு ஷூ கம்பெனியில் தையல் பிரிவில் வேலை செய்தாள். மதிய இடைவேளையில் டிபன் பாக்ஸ் மூடியைத் தட்டிக்கொண்டு அவள் பாடினால், பக்கத்து லைனிலிருந்து எழுந்து வந்து கேட்பார்கள். அதுதான் அவளுடைய மொத்த மேடையும். வீட்டில் மேடைக்குரியவன் நான் ஒருவன்தான் என்பது எழுதப்படாத சட்டம். (அந்தச் சட்டத்தை இயற்றியவனும் நான்தான்.)

இந்த நிலையில், கேபிள் சேனல் நடத்திய ஷபீர் பாய் ஒரு புதிய நிகழ்ச்சியை அறிவித்தார். பெயர், 'ஷிஃப்டு முடிஞ்சாச்சு'. தோல் தொழிற்சாலைகளிலும் ஷூ கம்பெனிகளிலும் வேலை செய்பவர்கள் பாடும் போட்டி. வாரம் மூன்று பேர் பாடுவார்கள். நிகழ்ச்சி முடிந்ததும் யாருக்கு அதிகத் தொலைபேசி அழைப்புகள் வருகின்றனவோ, அவர் வேலூரில் பெரிய மேடையில் நடக்கும் இறுதிச் சுற்றுக்குப் போகலாம். முதல் வாரத்திலேயே அக்காவுக்கு இடம் கிடைத்தது. பாட்டைப் பதிவு செய்துவிட்டு வந்த நாளிலிருந்து அவள் வீட்டுக்குள் நடப்பதை விட்டுவிட்டு மிதந்துகொண்டிருந்தாள்.

நிகழ்ச்சிக்கு டைட்டில் தேவைப்பட்டது. கணினியில் எழுத்துகளை ஆடவும் ஓடவும் வைக்கும் வித்தையை நான் இரண்டு மாதமாகக் கற்றுக்கொண்டிருந்தேன். பாயிடம் போய் நின்றேன்.

"நீ பேசறவனாச்சே, இதெல்லாம் தெரியுமா?" என்றார்.

"பேச்சு என்பது காதுக்கு டைட்டில், டைட்டில் என்பது கண்ணுக்குப் பேச்சு" என்றேன்.

பாய் கையை உயர்த்தி நிறுத்தினார். "ஒரு அரை நிமிஷம் வர்ற மாரி செய். விளம்பரம் குடுத்தவங்க பேரெல்லாம் வரணும். அவங்களப் பாத்து, எப்படிப் போடணும்னு கேட்டுக்கோ. வேற எதுவும் கேக்காத."

அரை நிமிடம்! சால்வையைச் சரிசெய்துகொள்ளவே எனக்கு அவ்வளவு நேரம் ஆகுமே! ஆயினும் பெருந்தன்மையோடு மன்னித்தேன். கலை அறியாத வணிகர். பார்த்த பிறகு அவரே கண்ணீர் மல்க என்னைத் தழுவிக்கொள்வார் என்று முடிவுசெய்தேன். (கண்ணீர் பிற்பாடு வந்தது உண்மை. தழுவல்தான் வரவில்லை.)

என் கற்பனை உன்னதமானது என்று இன்றும் சொல்வேன். திரை முழுக்கப் பழுப்பு நிறத் தோல். அதன்மேல் ஓர் ஊசி இறங்கி, வெள்ளை நூலால் ஒவ்வொரு பெயரையும் எழுத்தெழுத்தாகத் தைத்துக்கொண்டே போகும். தையல் இயந்திரத்தின் ஓசையே தாளம். ஆம்பூரின் தொழிலும் கலையும் கைகோக்கும் காட்சி! இதில் ஒரே ஒரு சிறு சிக்கல் இருந்தது. ஊசிக்கு ஓர் எழுத்தைத் தைக்க ஏறக்குறைய ஒரு நொடி ஆகும். தமிழகத்தில் பொது வாழ்வுக்கு வந்த எவரும் தம் பெயரை வெறும் பெயராக வைத்துக்கொள்வதில்லை என்பதை நான் கணக்கில் கொள்ளவில்லை.

முதலில் ஒரு ஷூ கம்பெனி முதலாளியைச் சந்தித்தேன். "நம்ம பேரு சிம்பிளா போட்டா போதும்பா" என்றார். பிறகு விசிட்டிங் கார்டை நீட்டினார். அதில் 'கல்விக் கொடையாளர், தொழில் மாமணி, சமூக நல்லிணக்கச் செம்மல்' என்று மூன்று வரிகள் கடந்து அவர் பெயர் ஓர் ஓரத்தில் ஒண்டிக்கொண்டிருந்தது. "அப்படியே எங்க மச்சான் பேரயும் சேத்துக்கோ. இல்லன்னா ஊட்ல பேஜாராப் பூடும்."

மச்சானிடம் போனால் அவர் தம் பங்காளியைச் சொன்னார். பங்காளி, ரசாயனம் சப்ளை செய்யும் தம் தோஸ்தைச் சொன்னார். தோஸ்து, "எனக்கு வாணாம், எங்க சங்கத்துத் தலைவரு பேரு போடு" என்றார்; தலைவர் பெயர் வந்தால் செயலாளர் பெயர் வராமல் இருக்குமா?

வேறு எவனாக இருந்தாலும் இங்கே நிறுத்தியிருப்பான். ஆனால் நான் மேடை வளர்த்த பிள்ளை. மேடையின் முதல் விதி, வீற்றிருப்போர் எவரையும் விளிக்காமல் விடலாகாது என்பதே. ஒரு முறை ஒரு விழாவில் பொருளாளரை மட்டும் மறந்துவிட்டேன். அவர் எனக்குப் பரிசுக் கோப்பையைத் தரும்போது முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். புகைப்படத்தில் நான் ஒரு பின்னந்தலையிடமிருந்து பரிசு வாங்குகிறேன். அந்த அவமானம் மீண்டும் நேரக்கூடாது. சொன்ன பெயர்களையெல்லாம் சேர்த்தேன். சொல்லாதவர்களின் மனமும் புண்படக்கூடாதென்று நானே சிலரைச் சேர்த்தேன். எவருக்கேனும் அடைமொழி இல்லாமலிருந்தால், என் சொந்தக் கையிருப்பிலிருந்து ஒன்றை வழங்கினேன். சேனல் அலுவலகத்துக்கு வழக்கமாகத் தேநீர் கொண்டுவருபவர்கூட 'உபசரிப்புத் திலகம்' ஆனார்.

தைத்து முடித்தபோது டைட்டில் பதினொரு நிமிடம் வந்திருந்தது. குறைத்துவிடத்தான் நினைத்தேன். ஆனால் எந்தப் பெயரை எடுப்பது? எல்லோரும் பெரியவர்கள்! ஒளிபரப்பு நாளன்று மாலை டைட்டில் கோப்பைச் சேனலில் கொண்டுபோய்க் கொடுத்தேன். நிகழ்ச்சிகளை வரிசைப்படுத்தும் பாஸ்கர் அண்ணன் அதைத் திறந்துகூடப் பார்க்காமல் முதலில் நுழைத்தார்.

"கரெக்டா இருக்கும்ல?"

"காவியமாக இருக்கும், அண்ணே."

"அது கெடக்கட்டும். ஏழரைக்கு நகைக்கடை நிகழ்ச்சி தானா ஸ்டார்ட் ஆய்டும். சிஸ்டத்துல டைம் போட்டாச்சு, யாராலயும் நிறுத்த முடியாது" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். நிகழ்ச்சிக்கு ஒதுக்கப்பட்டது ஏழு முதல் ஏழரை வரை. மூன்று பாட்டுகளும் அதற்கு ஏற்றபடியே நிரப்பப்பட்டிருந்தன. அக்காவின் பாட்டு மூன்றாவது. இந்தச் சின்னக் கூட்டல் கணக்கை அன்று நான் போடவில்லை. பேச்சாளர்கள் பொதுவாகக் கணக்கில் தலையிடுவதில்லை.

ஏழு மணிக்கு எங்கள் வீட்டில் கால் வைக்க இடமில்லை. அக்காவின் லைனில் வேலை செய்யும் ஜபீனா அக்காவும் செல்வி அக்காவும் பட்டாளத்தோடு வந்திருந்தார்கள். அம்மா பஜ்ஜி போட்டுக்கொண்டே இருந்தார். அக்கா புதுப் புடவையில், தொலைக்காட்சிக்கு நேர் எதிரே, தானே மணப்பெண் போல உட்கார்ந்திருந்தாள்.

ஊசி இறங்கியது. முதல் பெயர் தைக்கப்பட்டது. எல்லோரும் கைதட்டினார்கள். நான் எழுந்து நின்று வணங்கினேன்.

இரண்டாம் நிமிடத்தில் கைதட்டல் நின்றது. நான்காம் நிமிடத்தில் பஜ்ஜித் தட்டு இரண்டாம் சுற்று போனது. ஊசி மட்டும் சோர்வில்லாமல் 'சமூக நல்லிணக்க' என்று தைத்துக்கொண்டிருந்தது.

"இன்னா தம்பி, ஷூ முழுசா தெச்சு முடிச்சாதான் பாட்டா?" என்றார் ஜபீனா அக்கா.

"ஒரு பேருக்கு இவ்ளோ நேரமா? எங்க லைன்ல இருந்திருந்தா இந்த ஊசிய மொத நாளே வீட்டுக்கு அனுப்பிச்சிருப்பாங்க" என்றார் செல்வி அக்கா.

அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டார். "யாருடா இந்த உபசரிப்புத் திலகம்?"

 அக்காவின் பார்வை திரையில் இல்லை. அதற்கு மேலே மாட்டியிருந்த கடிகாரத்தில் இருந்தது. அப்போதுதான் நானும் அதைப் பார்த்தேன். ஏழரைக்கு இன்னும் எவ்வளவு நேரம் என்று முதன்முறையாகக் கணக்குப் போட்டேன்.

ஒருவழியாக டைட்டில் முடிந்து, தொகுப்பாளினி வணக்கம் சொல்லி, முதலாமவர் பாடினார். இரண்டாமவர் நிதானமாக ரசித்து ரசித்துப் பாடினார். (அவரை அன்று நான் மனத்துக்குள் என்னென்ன சொல்லித் திட்டினேன் என்பதை அச்சில் ஏற்ற இயலாது.) பிறகு அக்கா திரையில் வந்தாள். வீடே ஆரவாரித்தது. திரையில் அவள் வணங்கினாள், மைக்கைச் சரிசெய்தாள், கண்ணை மூடினாள், மூச்சை இழுத்தாள், வாயைத் திறந்தாள்.

திறந்த வாயிலிருந்து, "செய்கூலி இல்லை, சேதாரம் இல்லை!" என்று ஓர் ஆண்குரல் முழங்கியது. திரையில் நெக்லஸ் ஒன்று சுழன்றது. மணி ஏழரை.

 அம்மாவின் எண்ணெய்ச் சட்டி மட்டும் சடசடத்தது. அக்கா எழுந்தாள், தொலைக்காட்சியை அணைத்தாள், என் பக்கம் திரும்பினாள்.

"நீ பேசி முடிச்சிட்டியா?"

அவ்வளவுதான் கேட்டாள். எத்தனையோ எதிரணித் தலைவர்களுக்கு நொடியில் மறுமொழி சொன்ன நான், காலியான பஜ்ஜித் தட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து அடுக்கத் தொடங்கினேன்.

மறுநாள் காலை சேனலுக்கு ஓடினேன். ஷபீர் பாய் இரண்டு காதிலும் இரண்டு போனை வைத்துக்கொண்டிருந்தார். என்னைக் கண்டதும் இரண்டையும் மேசைமேல் கவிழ்த்தார்.

"வாங்க பேச்சாளரே! நேத்துலேர்ந்து போனு ஓயல. பாதிப் பேரு 'எங்க பேர ஏன் வுட்டீங்க'ன்றான். ஒருத்தரு, 'என்னைக் கீழ போட்டு அவன மேல போட்டியே'ன்றாரு."

"மீதிப் பேர், பாய்?"

"மீதிப் பேரு, 'அந்தப் பொண்ணு வாயத் தொறந்துச்சே, இன்னா பாட்டு பாட வந்துச்சு?'ன்றாங்க. ஊரே தூங்கலடா. எங்க ஊட்டுக்காரி, 'நீங்க போயி கேட்டுட்டு வந்தாதான் காலைல நாஷ்டா'ன்னுட்டா."

எனக்கு உயிர் வந்தது. உடனே, நடந்த தவறுக்கு வருத்தம் தெரிவித்து, விடுபட்டோர் அனைவரையும் உள்ளடக்கிய புதிய டைட்டில் ஒன்றைத் தயாரிக்கலாம் என்று தொடங்கினேன்.

"டேய்!" பாய் கண்ணில் நீர் தளும்பக் கையெடுத்துக் கும்பிட்டார். "அந்தப் பாட்ட மட்டும் இன்னிக்கு ஏழு மணிக்குத் தனியா போடறேன். போன் கணக்கும் அதுக்கப்பறம்தான். உங்க அக்கா பேரு வரணும். அவ்ளோதான். பேரு போடு, ஒதுங்கு."

உட்கார்ந்தேன். 'இசைக்குயில், பாட்டரசி, திருவளர்செல்வி வளர்மதி' என்று தட்டச்சு செய்தேன். பின்னாலிருந்து பாய் என் தோளைத் தொட்டார். பாட்டரசியை நீக்கினேன். கையை எடுக்கவில்லை. இசைக்குயில் பறந்தது. கை அங்கேயே இருந்தது. திருவளர்செல்வியையும் நீக்கிய பிறகுதான் தோள் லேசானது.

அன்று மாலை, பழுப்புத் தோலின் மேல் ஐந்தே எழுத்துகளை ஊசி தைத்துவிட்டு விலகியது. அடுத்த நொடி அக்கா பாடினாள். முழுதாகப் பாடினாள். வீட்டில் ஒருவரும் பஜ்ஜியைத் தொடவில்லை. பாட்டு முடிந்ததும் ஜபீனா அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இத்த கேக்கத்தான்டா வந்தோம், படுபாவி" என்று என் முதுகில் ஒன்று வைத்தார். வலித்தது, பெற்றுக்கொண்டேன்.

அழைப்புகள் குவிந்தன. அக்கா வேலூர் மேடைக்குப் போனாள். இரண்டாம் பரிசு வாங்கினாள். அவளை அறிமுகப்படுத்தி ஓரிரு வார்த்தை பேசட்டுமா என்று நான் கேட்டதற்கு, "நீ மேடை இருக்கிற பக்கமே வரக்கூடாது" என்று முன்கூட்டியே சத்தியம் வாங்கியிருந்தாள். நான் சைக்கிள் ஸ்டாண்டில் நின்று கேட்டேன். அங்கேயும் நன்றாகவே கேட்டது.

அந்த ஐந்தெழுத்து டைட்டிலைக் காட்டித்தான் சென்னையில் வேலை வாங்கினேன். "இவ்வளவு சுருக்கமா செய்ய எங்கே கத்துக்கிட்டீங்க?" என்று நேர்காணலில் கேட்டார்கள். அது ஒரு நீண்ட கதை என்று மட்டும் சொன்னேன்.

இப்போதெல்லாம் இணையத் தொடர்களில் முகப்பைத் தவிர்த்துவிட்டு நேராகக் கதைக்குப் போக 'ஸ்கிப்' என்றொரு பொத்தான் வருகிறது. அதை உலகத்தில் யாரோ என்னை நினைத்துத்தான் கண்டுபிடித்தார்கள் என்பது அக்காவின் உறுதியான நம்பிக்கை. வீட்டில் நான் எதையேனும் முன்னுரையோடு தொடங்கினால், அவள் கட்டைவிரலைக் காற்றில் ஓர் அழுத்து அழுத்துவாள். நாக்கால் 'டக்' என்றொரு ஓசை. உடனே அம்மாவும் அப்பாவும் சிரிப்பார்கள். நான் உப்பு வேண்டும் என்றால் உப்பு வேண்டும் என்று மட்டும் சொல்லியாக வேண்டும்.

சென்ற தை மாதம் கலவை என்ற ஊருக்குப் பெண் பார்க்கப் போயிருந்தோம். பெண்ணின் பெயர் சுகன்யா. "மாப்ளை ஏதாவது பேசட்டுமே" என்று அவர்கள் வீட்டில் ஒருவர் விவரமறியாமல் சொல்லிவிட்டார். நான் எழுந்தேன். "பெருமதிப்பிற்குரிய இல்லத்தலைவர் அவர்களே, அன்பே உருவான அன்னையார் அவர்களே, கலவை மண்ணின்…"

டக்.

அவையோர் விழித்தார்கள். சுகன்யா மட்டும், "இன்னாக்கா அது?" என்று கேட்டாள். அக்கா அவளை உள்ளே அழைத்துக்கொண்டு போனாள். ஊசி, உபசரிப்புத் திலகம், திறந்த வாய், நெக்லஸ் என எல்லாவற்றையும் சொல்லியிருக்க வேண்டும். உள்ளேயிருந்து வந்த சிரிப்பு அடங்கவே வெகுநேரம் ஆயிற்று. வெளியே வந்தவள் என்னை நேராகப் பார்த்து, "எனக்குச் சம்மதம். உங்களுக்கு?" என்றாள்.

விடை சொல்ல வாயைத் திறந்தேன். ஏழெட்டு அருமையான வாக்கியங்கள் வரிசையில் வந்து நின்றன. அவள் கட்டைவிரல் மெல்ல உயர்வதைக் கண்டேன்.

"சம்மதம்" என்றேன்.